கிளாஸ் 2, கார்டட், ஹோப்லெஸ்: உடைந்த பல்லுக்கு இதையெல்லாம் எதை வைத்து எழுதுகிறார்கள்?

செங்காந்தள்:

எல்லோருக்கும் வணக்கம். அம்மாவுக்கு வயது 58. சர்க்கரை உண்டு, கட்டுக்குள் இருக்கிறது. கீழ்த்தாடையில் வலப்பக்கக் கடைவாய்ப் பல், பழைய வெள்ளி அடைப்பு இருந்த பல், நாக்குப் பக்கச் சுவர் பெயர்ந்து வந்துவிட்டது. ஒரு கிளினிக்கில் "46, கிளாஸ் 2, ப்ரோக்னோசிஸ் கார்டட், ரூட் கெனால் செய்து கேப்" என்று எழுதிக் கொடுத்தார்கள். இன்னொரு கிளினிக்கில் அதே எக்ஸ்ரேயைப் பார்த்து, ஈறைச் சுற்றி ஏதோ குத்தி அளந்துவிட்டு "ஹோப்லெஸ், எடுத்துவிட்டு இம்ப்ளான்ட்" என்கிறார்கள். கிளாஸ் 2 என்றால் இரண்டாம் கட்டமா? கார்டட் எப்போது ஹோப்லெஸ் ஆகிறது? காசைப் பற்றிக் கேட்கவில்லை. எதைப் பார்த்து முடிவு செய்கிறார்கள் என்று தெரிய வேண்டும்.

வேர்நுனி:

வணக்கம் செங்காந்தள். கிளாஸ் என்ற சொல்லை முதலில் தனியாக எடுத்து வைத்துவிடுவோம். 46 என்பது பல்லின் முகவரி: 4 கீழ்த்தாடை வலப்பக்கம், 6 நடுக்கோட்டிலிருந்து எண்ணினால் ஆறாவது பல். கிளாஸ் 2 என்பது அமெரிக்கப் பல் மருத்துவர் ஜி.வி. பிளாக் வகுத்த சொத்தை வரிசையில் ஓர் இடம். கடைவாய், முன்கடைவாய்ப் பற்களில் பக்கத்துப் பல்லை ஒட்டிய பரப்பில் சொத்தையோ அடைப்போ இருந்தால் கிளாஸ் 2. அது எனாமலோடு நிற்கிறதா, பல்கூழ் (பல்லுக்குள் நரம்பும் ரத்தக்குழாயும் இருக்கும் பகுதி) வரை போய்விட்டதா என்று அந்த எண் ஒரு வார்த்தை சொல்லாது. எண் கூடினால் நோய் கூடுகிறது என்று படிக்கவே கூடாது. பிளாக் கணக்கில் கிளாஸ் 3 என்றால் முன்பல் பக்கவாட்டில் ஒரு சிறிய சொத்தை. எல்லிஸ் கணக்கில் கிளாஸ் 3 என்றால் அடிபட்டுப் பல்கூழ் வெளியே தெரியும் உடைவு. மில்லர் ஆட்டக் கணக்கில் 3 என்றால் பல் மேலும் கீழும் அசைகிறது. சீட்டில் யாருடைய கிளாஸ் என்று எழுதாமல் விடுவது நோயாளிக்கு மட்டுமல்ல, அடுத்துப் பார்க்கும் மருத்துவருக்கும் தொல்லை.

ப்ரோக்னோசிஸ், அதாவது பல் எவ்வளவு தாங்கும் என்ற கணிப்பு, வேறு சங்கதி. மூன்று இடங்களில் தனித்தனியாக மதிப்பெண் போட வேண்டும்: மிச்சமிருக்கும் பல் கட்டுமானம், வேருக்குள் இருக்கும் கால்வாய்கள், வேரைப் பிடித்திருக்கும் எலும்பும் ஈறும். மூன்றில் எது மோசமோ அதுதான் பல்லின் ப்ரோக்னோசிஸ். சராசரி எடுக்கக் கூடாது. டென்டல் பிராக்டிகாலிட்டி இண்டெக்ஸ் என்றொரு அட்டவணையில் 0, 1, 2 என்று வந்து அடுத்த மதிப்பெண் நேராக 6க்குத் தாவும். ஓர் இடத்தில் 6 விழுந்தால் மற்றவை எவ்வளவு நன்றாக இருந்தாலும் அந்தப் பல்லைக் காப்பாற்றுவது நடைமுறைக்கு ஒவ்வாது என்பதே அந்தத் தாவலின் பொருள்.

உங்கள் அம்மாவின் பல்லில் முதலில் கட்டுமானம். உலக்கை நுனி பிளக்காமலிருக்க இரும்புப் பூண் போடுவார்கள் அல்லவா, கேப்பும் பல்லை அப்படித்தான் பிடிக்கிறது. ஃபெர்ரூல் என்று நாங்கள் சொல்வதற்குப் பூண் என்றே பொருள். கேப்பின் விளிம்புக்கு மேலே, சுற்றிலும், சொத்தையில்லாத சொந்தப் பல் 2 மி.மீ. உயரம் நிற்க வேண்டும். மிகக் குறைந்தது 1.5. சுவரின் தடிமன் 1 மி.மீ. குறையக் கூடாது. இதை அளக்க வேண்டியது கேப்புக்காகப் பல்லைச் செதுக்கிய பிறகு மிஞ்சும் சுவரில். வெளிப்பக்கம் ஒரு மில்லிமீட்டர் செதுக்கினால், இப்போது 2 மி.மீ. தடிமனாகத் தெரியும் சுவர் 1 ஆகிவிடும். இப்போது 1.5 இருந்தால் அரை மில்லிமீட்டர் ஓடுதான் மிஞ்சும், அதைச் சுவராகவே எண்ணக் கூடாது. உள்ளே கோர், அதாவது உடைந்த பகுதிக்கு ஈடாகக் கட்டும் அடைப்பு, எவ்வளவு பெரிதாகக் கட்டினாலும் அது பூணுக்குள் இருக்கும் மரமாகாது. பூண் பிடிக்க மரமில்லாவிட்டால் கேப் கோரோடு சேர்ந்து கழன்று வரும், அல்லது வேர் பிளக்கும்.

அதனால் பழைய அடைப்பு முழுவதையும் எடுத்து, சொத்தையைச் சுரண்டி முடிக்கும் வரை உறுதியான ப்ரோக்னோசிஸ் எழுத முடியாது. அதற்கு முன் எழுதுவது உத்தேசம். வெள்ளி அடைப்பு எக்ஸ்ரேயில் வெளேரென்று விழுந்து, தனக்கு முன்னும் பின்னும் இருப்பதை மறைத்துவிடும். அடியில் என்ன இருக்கிறது என்பது திறந்தால்தான் தெரியும். "கார்டட்" என்று எழுதியவர் அதைத்தான் குறித்திருக்க வேண்டும்: முயலலாம், உறுதி தர முடியாது.

ஈறோரம்:

மேலே சொன்ன 2 மி.மீ. கணக்கோடு ஈறின் கணக்கையும் சேர்க்க வேண்டும். எலும்பின் விளிம்புக்கும் கேப்பின் விளிம்புக்கும் இடையே ஏறக்குறைய 3 மி.மீ. இடைவெளி ஈறுக்கு வேண்டும். அந்த இடத்தில் கேப்பை நுழைத்தால் ஈறு எப்போதும் சிவந்து, தொட்டால் ரத்தம் கசிந்து, கடைசியில் எலும்பு தானாகக் கீழிறங்கும். ஆக, எலும்புக்கு மேலே சுமார் 5 மி.மீ. நல்ல பல் வேண்டும்: ஈறுக்கு 3, பூணுக்கு 2.

நாக்குப் பக்கம் உடைவு ஈறுக்கு அடியில் போயிருந்தால் கிரவுன் லெங்தனிங் செய்து, எலும்பைக் கொஞ்சம் குறைத்து அந்த இடத்தை உண்டாக்கலாம். ஆனால் கீழ்க் கடைவாய்ப் பல்லில் இதற்கு ஓர் எல்லை உண்டு. எனாமல் முடியும் இடத்திலிருந்து வேர்கள் இரண்டாகப் பிரியும் கவட்டை வரை கன்னப் பக்கம் 3 மி.மீ., நாக்குப் பக்கம் 4 மி.மீ. அளவுதான் இருக்கும். கவட்டை குட்டையாக இருக்கும் பல்லில் எலும்பைக் குறைத்தால் கவட்டை வெளியே வந்துவிடும். பிறகு அங்கே தேங்கும் உணவை எந்த பிரஷ்ஷாலும் எடுக்க முடியாது. கேப்பைக் காப்பாற்றப் போய்ப் பல்லை இழக்கும் வழி இது. உடைவு ஓரிடத்தில் மட்டும் ஆழமாக இருந்தால், ரப்பர் டாம் என்ற ரப்பர் திரையைப் போட்டு ஈரமில்லாமல் வைக்க முடிகிறபட்சத்தில், அந்த விளிம்பை மட்டும் காம்போசிட் என்ற பல்நிற அடைப்பால் உயர்த்திக் கொள்ளலாம். ரத்தமும் எச்சிலும் நிற்காத இடத்தில் அதைச் செய்யக் கூடாது.

ஆட்டம், எலும்பு இறக்கம், சர்க்கரை, புகையிலை எல்லாம் எலும்புப் பக்கத்து மதிப்பெண்ணில் சேரும். ஆனால் ஹோப்லெஸ் என்று சொன்னவர் "ஏதோ குத்தி அளந்தார்" என்கிறீர்களே, அதுதான் என் கண்ணில் படுகிறது. ஈறைச் சுற்றி ஆறு இடங்களில் அளப்பார்கள். அந்த எண்கள் சீட்டில் இருக்கிறதா, பாருங்கள்.

செங்காந்தள்:

இருக்கிறது டாக்டர். கன்னப் பக்கம் 3, 2, 3. நாக்குப் பக்கம் 3, 3, 8. அந்த 8க்குப் பக்கத்தில் டிஸ்டல் என்று எழுதி வட்டமிட்டிருக்கிறார்கள். பல் ஆடவில்லை. குளிர்ந்த தண்ணீர் பட்டால் அந்தப் பல்லில் எதுவும் தெரியவில்லை என்கிறார் அம்மா.

வேர்நுனி:

இரண்டு மருத்துவரும் ஏன் வேறு வேறு சொன்னார்கள் என்பதற்கு இந்த 8தான் விடை. முதல் கிளினிக்கில் ஈறை அளக்காமல் எக்ஸ்ரேயை மட்டும் பார்த்திருந்தால் இது தெரிந்திருக்காது.

ஈறு நோயில் பள்ளம் அகலமாக இருக்கும்: 5, 6, 7, 6, 5 என்று மெல்ல இறங்கி ஏறும். சுற்றிலும் 2, 3 இருந்து, ஓர் ஊசி போகும் அகலத்தில் மட்டும் 8க்கு இறங்கினால் விரிசலைச் சந்தேகிக்க வேண்டும். கடைவாய்ப் பல்லில் விரிசல் பெரும்பாலும் முன்னிருந்து பின்னாக ஓடும். டிஸ்டல், அதாவது பின்பக்க, மூலையில் இந்த எண் விழுந்திருப்பது அதற்குப் பொருந்துகிறது. இரண்டாவது மருத்துவர் பயந்ததில் நியாயம் இருக்கிறது.

ஆனால் இன்னொன்றும் இதே மாதிரி காட்டும். பல்கூழ் செத்து, வேர்நுனியில் சேர்ந்த சீழ், வேரை ஒட்டிக்கொண்டே ஈறு வழியாக வடிந்தால் அந்தப் பாதையும் குறுகலாக, ஆழமாகத்தான் இருக்கும். அம்மாவுக்குக் குளிர் தெரியவில்லை என்பதால் இதை ஒதுக்கிவிட முடியாது. இது சிகிச்சையில் மூடிக்கொள்ளும், விரிசல் மூடாது. எக்ஸ்ரேயில் விரிசல் கோடு தெரியவில்லை என்பதை வைத்து எதுவும் சொல்ல முடியாது. கதிர் அந்தக் கோட்டின் திசையிலேயே போனால் ஒழிய அது தெரியாது, சி.பி.சி.டி. என்ற முப்பரிமாண ஸ்கேனில்கூடப் பல நேரம் தப்பிவிடும்.

பிரித்தறிய இப்படிப் போகலாம். குளிர்ச் சோதனையைப் பக்கத்துப் பல்லிலும் எதிர்ப்பக்க 36இலும் (இடப்பக்கத்தில் இதே பல்) முதலில் செய்து ஒப்பிட வேண்டும். அடைப்பை எடுத்ததும் பல்லின் ஒரு பக்கம் விளக்கைப் பிடித்துப் பார்க்க வேண்டும். எனாமலில் மட்டும் இருக்கும் மயிரிழைக் கோட்டை வெளிச்சம் தாண்டிப் போகும். உள்ளே இறங்கிய விரிசலில் வெளிச்சம் அப்படியே நின்று, மறுபக்கம் இருட்டாகும். மெத்திலீன் நீலம் என்ற சாயம் தொட்டுக் கழுவினால் கோடு எங்கே முடிகிறது என்று தெரியும். பிறகு கூழறையைத் திறந்து தரையைப் பார்க்க வேண்டும், மைக்ரோஸ்கோப் இருந்தால் நல்லது. கோடு பின்பக்க விளிம்போடு நின்று, கால்வாய் வாய்க்கு மேலேயே முடிந்தால் கேப் போட்டு வைத்துக்கொள்ளலாம், கார்டட் என்று சொல்லியே. தரையைக் குறுக்கே கடந்து ஓடினாலோ, இரண்டு பாதியும் ஆப்பு வைத்தால் விலகினாலோ எடுத்துவிட வேண்டியதுதான். அந்தப் பல்லில் இன்னும் பணம் போட வைப்பது சரியல்ல.

தரையில் கோடு இல்லாவிட்டால் கால்வாய்களைச் சுத்தம் செய்து, கால்சியம் ஹைட்ராக்சைடு வைத்து மூடி, இரண்டு முதல் நான்கு வாரம் கழித்து அதே மூலையை மறுபடி அளக்கச் சொல்லுங்கள். 8 என்பது 3, 4க்கு வந்துவிட்டால் அது சீழ் வடிந்த பாதைதான். 8 அப்படியே நின்றால் கண்ணுக்குத் தெரியாத விரிசல் இருக்கிறது என்று கொள்ள வேண்டும். கேப்புக்கும் கோருக்கும் முன்பாகவே இது தெரிந்துவிடும். அந்த இடைவெளியில் தற்காலிக அடைப்பு 3.5 மி.மீ. தடிமனுக்குக் குறையக் கூடாது. பல் எதிர்ப்பல்லோடு இடிக்காதபடி உயரத்தையும் குறைத்திருக்க வேண்டும். வலி நின்றுவிட்டது என்று மாதக்கணக்கில் விட்டுவிடுவதால்தான் நிறையப் பற்கள் போகின்றன: அடைப்பு கசிந்து கிருமி மறுபடி இறங்கும், அல்லது மிச்சச் சுவரும் பிளக்கும்.

எக்ஸ்ரேயில் வேர்நுனியில் கறுப்பாகத் தெரிந்தால் அதற்காக மட்டும் யாரும் ஹோப்லெஸ் எழுதக் கூடாது. கால்வாய்கள் நன்றாக அடைக்கப்பட்டால் அந்த எலும்பு பெரும்பாலும் திரும்ப வளரும். முழுதாக மூட ஓராண்டு, சிலருக்கு நான்கு ஆண்டு வரைகூட ஆகும்.

இன்னும் ஒன்று: கோருக்காகக் கம்பி, அதாவது போஸ்ட், வைக்க வேண்டும் என்றால் ஏன் என்று கேளுங்கள். போஸ்ட் வேரைப் பலப்படுத்தாது, கோரைப் பிடித்துக்கொள்ள மட்டும்தான். கடைவாய்ப் பல்லின் கூழறையே பெரும்பாலும் அதற்குப் போதும். கட்டாயம் என்றால் பின்பக்க வேரின் அகலமான கால்வாயில், நுனியில் 4 முதல் 5 மி.மீ. கட்டாபெர்ச்சாவை (கால்வாயை அடைக்கும் பொருள்) விட்டுவிட்டு. முன்பக்க வேரின் கவட்டைப் பக்கச் சுவர் மெல்லியது, அங்கே துளைத்தால் பக்கவாட்டில் ஓட்டை விழும்.

முல்லை:

இடையில் புகுவதற்கு மன்னிக்கவும். 8 வயதுப் பையன், மேல் முன்பல் உடைந்து நடுவில் சிவப்பாகப் புள்ளி தெரிகிறது, இன்று காலைதான். சீட்டில் எல்லிஸ் கிளாஸ் 3. ரூட் கெனால்தானா?

பால்பல்:

முல்லை, அவசரப்பட்டு ரூட் கெனாலுக்கு ஒப்புக்கொள்ள வேண்டாம். 8 வயதில் மேல் முன்பல்லின் வேர் முழுதாக வளர்ந்திருக்காது, 10 வயதை ஒட்டித்தான் நுனி மூடும். கூழை முழுவதும் எடுத்தால் வேர் அத்தோடு நின்று, சுவர் காகிதம் போல மெல்லிசாகவே இருந்துவிடும். அதே கிளாஸ் 3 முப்பது வயதுக்காரருக்கு வந்தால் பேச்சு வேறு.

இப்போது செய்வது பகுதிக் கூழ் நீக்கம். மரத்துப்போக ஊசி, ரப்பர் டாம், தண்ணீர் பாயும் வைர பர்ரால் (துளைக்கும் முனை) திறந்திருக்கும் இடத்தில் 2 மி.மீ. மட்டும் கூழை எடுப்பது. சலைன் நனைத்த பஞ்சை வைத்தால் சில நிமிடத்தில் ரத்தம் நிற்க வேண்டும். நிற்காவிட்டால் அங்கே இன்னும் அழற்சி இருக்கிறது, கொஞ்சம் கீழே போக வேண்டும். பிறகு பயோடென்டின் போன்ற சிமென்ட், மேலே காம்போசிட். சாம்பல் நிற எம்.டி.ஏ. சிமென்ட் முன்பல்லைக் கறுக்க வைக்கும், அதை இங்கே தவிர்க்கலாம். உடைந்த துண்டு கையில் இருந்தால் தண்ணீரிலோ சலைனிலோ போட்டுக் கொண்டு போங்கள். காய்ந்திருந்தால் 20 நிமிடம் ஊறிய பிறகு அதையே ஒட்ட முடியும்.

அடிபட்ட பல் முதல் சில வாரங்கள், சில சமயம் மூன்று மாதம் வரை, குளிருக்குப் பதில் சொல்லாது. அதை வைத்துப் பல் செத்துவிட்டது என்று முடிவுகட்டக் கூடாது. நிறம் மாறுதல், ஈறில் கொப்புளம், எக்ஸ்ரேயில் நுனிக் கறுப்பு போன்றவற்றில் இரண்டாவது ஓர் அறிகுறியும் வேண்டும். 6 முதல் 8 வாரம், 3 மாதம், 6 மாதம், ஓராண்டு என்று எக்ஸ்ரே எடுக்கச் சொல்வார்கள். ஒவ்வொரு முறையும் அடிபடாத பக்கத்து முன்பல்லும் அதே படத்தில் விழுகிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள். இரண்டு வேரும் சமமாக நீண்டு, நுனி சமமாகக் குறுகி வந்தால் கூழ் உயிரோடு வேலை செய்கிறது. ஒன்று மட்டும் நின்றுவிட்டால் அன்றே காட்டுங்கள்.