பாஸ்தா ஜோக்குக்கு ஏன் சிரிப்பு வரல?

*பெரிய வீட்டு வானரங்கள்* (குடும்ப குரூப்)

பானு சித்தி: திவ்யா, நீ அனுப்புன எடின்பரோ விழா பரிசு ஜோக் லிஸ்ட்ல ஒண்ணுக்கும் சிரிப்பு வரலடி. "கடையில ஸ்பகெட்டி திருடப் பாத்தேன், காவலுக்கு நின்ன லேடி பாத்துட்டாங்க, பாஸ்தா கிடைக்கல." இதுல என்ன இருக்கு?

சேகர் மாமா: வாய்விட்டுச் சொல்லிப் பாரு பானு. "கெட் பாஸ்தா". "கெட் பாஸ்ட் ஹர்"னு வேகமா சொன்னாலும் அதே சத்தம்தான். அந்த அம்மாவத் தாண்டிப் போக முடியலங்கறதும் அதுலயே வந்துடுது. மசாய் கிரஹாம் சொன்னது, 2022ல சிறந்த ஜோக் பரிசு வாங்குச்சு.

பானு சித்தி: இதுக்குப் பரிசா! 🙄

சேகர் மாமா: ஓட்டு போட்ட விதம் அப்படி. டேவ்னு ஒரு டிவி சேனல் இந்தப் பரிச 2008ல ஆரம்பிச்சு 2024 வரைக்கும் குடுத்துச்சு. எடின்பரோல நடக்குற ஃபிரிஞ்ச் கலை விழாவுல விமர்சகர்கள் ஷோ ஷோவா பாத்து ஒரு லிஸ்ட் போட்டாங்க. அத 2,000 பேர்கிட்ட காட்டி ஓட்டு, யார் சொன்னதுன்னு பேர் இருக்கல. மூஞ்சி, குரல், இழுவை எதுவும் இல்லாம காகிதத்துல நிக்கிற ஜோக்தான் ஜெயிச்சது. அதான் பாதிக்கு மேல சிலேடை.

அரவிந்த்: அங்க ஒரு ஷோ கிட்டத்தட்ட ஒரு மணி நேரம் ஓடும் சித்தி. 40வது நிமிஷத்துல கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கிற வரிய தனியா எடுத்து எழுதுனா ஒண்ணும் இருக்காது. முழு ஷோவுக்குன்னு தனிப் பரிசு 1981லேர்ந்து இருக்கு. இங்கிலாந்துல இருக்குற நம்ம தமிழ்க் காமெடியன் ரோமேஷ் ரங்கநாதன் 2013ல புதுமுகம் பிரிவுல இறுதிப் பட்டியல் வரைக்கும் வந்தாரே, அது இந்தப் பரிசு.

திவ்யா: மாமா, ஞாயித்துக்கிழமை அபார்ட்மென்ட் அசோசியேஷன் விழாவுல ஜோக் சொல்ல எனக்கு அஞ்சு நிமிஷம். இந்த லிஸ்ட்லேர்ந்து நாலு எடுத்து தமிழ்ல சொல்லலாமா?

சேகர் மாமா: அவங்கவங்க பேரச் சொல்லிட்டுச் சொல்லு. பேர் சொல்லாம எடுத்தா அது ஸ்பகெட்டி திருட்டுதான்.

சேகர் மாமா: நாலுல ரெண்டு தேறாது. பாஸ்தா ஒண்ணு. இன்னொண்ணு 2023 ஜோக், லோர்னா ரோஸ் ட்ரீன்: மிருகக்காட்சிசாலைக்காரரோட பழகுனேன், கடைசில பாத்தா அவர் "சீட்டா". சிவிங்கிப்புலியும் ஏமாத்துக்காரனும் இங்கிலீஷ்லதான் ஒரே சத்தம். விட்டுடு.

திவ்யா: 2018 ஆடம் ரோ? "வேலைவாய்ப்பு ஆபீஸ்ல வேலை பாக்குறது டென்ஷன், வேலை போனாலும் மறுநாள் அங்கேயேதான் வரணும்." இதுல சிலேடையே இல்லையே.

சேகர் மாமா: சிலேடை இல்ல, ஊர் இருக்கு. அங்க உதவித்தொகை வேணும்னா ஜாப் சென்டருக்கு நேர்ல நடையா நடக்கணும். நம்மூர்ல பதிஞ்சு வச்சுட்டு மூணு வருஷத்துக்கு ஒருதரம் புதுப்பிக்கிறதோட சரி, "மறுநாள்" இடிக்கும். முன்னாடி ஒரு வரில அந்த ஊர் வழக்கத்தச் சொல்லிடு. ஜோக் முடிஞ்சப்புறம் விளக்காத, செத்துடும்.

அரவிந்த்: டிம் வைன் 2014 எடு அக்கா. ஹூவர (வேக்கம் கிளீனர்தான்) வித்துடலாம்னு இருக்கேன், சும்மா தூசி சேர்த்துட்டு இருக்கு.

சேகர் மாமா: "சேர்த்துட்டு" போட்டா போச்சு. இங்கிலீஷ்ல சும்மா கிடக்குற பொருள் மேல தூசி படியறதுக்கும், மெஷின் தூசிய இழுக்குறதுக்கும் ஒரே சொல். நமக்கு "சேருது" வேற, "சேர்க்குது" வேற. "பிடி" போடு, அது ரெண்டுக்கும் வரும். "வேக்கம் கிளீனர வித்துடலாம்னு பாக்குறேன். மூலையில கிடந்து தூசி பிடிக்குது."

திவ்யா: 😮 அட!

பானு சித்தி: எனக்கு இதுவும் புரியல.

அரவிந்த்: இன்னொண்ணு. தமிழ்ல வினைச்சொல் கடைசில வந்து ஜோக்க நசுக்கும். "லிஃப்ட் ரிப்பேர்னு போர்ட ஏழாவது மாடியில வச்சிருக்காங்க" அப்படின்னா, ஏழாவது மாடிக்கு சிரிக்க வாயெடுக்கறப்ப நீ "வச்சிருக்காங்க"ன்னு இழுத்துட்டு இருப்ப. திருப்பிப் போடு: "லிஃப்ட் ரிப்பேர்னு போர்டு வச்சிருக்காங்க. (ஒரு மூச்சு) ஏழாவது மாடியில." சிரிப்பு இறங்க ஆரம்பிக்கறப்ப வால் ஒண்ணு: "ஏறி வந்து படிச்சுக்கலாம்." முழுசா அடங்குற வரைக்கும் காத்திருக்காத.

திவ்யா: அஞ்சு நிமிஷத்துக்கு எவ்வளவு எழுதணும்?

அரவிந்த்: மூணரை நிமிஷத்துக்கு எழுது, மிச்சம் சிரிப்புக்கு. சிரிக்கலன்னா சீக்கிரம் இறங்கிடலாம், யாருக்கும் நஷ்டமில்ல 😂 இருக்கறதுல நல்ல ஜோக் கடைசிக்கு, ரெண்டாவது நல்லது முதலுக்கு. நடுவுல புதுசு. போன்ல ரெக்கார்ட் பண்ணிக் கேளு. எங்க வேகமா ஓடுறேன்னு அதுல தெரியும்.

அரவிந்த்: மைக் வாயிலேர்ந்து ரெண்டு விரக்கடை. மைக் தலையில இருக்குற கம்பி வலைய கையால பொத்திப் புடிச்சா ஊளையிடும். ஸ்பீக்கருக்கு முன்னாடி போய் நிக்காத, அதுக்கும் ஊளைதான். ஸ்டாண்ட எடுத்து பின்னாடி வச்சுடு, இல்லன்னா அதுக்குப் பின்னாடி ஒளிஞ்சுக்கிட்ட மாதிரி தெரியும். ஒரு நிமிஷம் இருக்கறப்ப முன் வரிசையிலேர்ந்து போன் டார்ச் காட்டுறேன்.

சேகர் மாமா: செக்ரெட்டரிகிட்ட சொல்லி சாப்பாடு போடறதுக்கு முன்னாடி ஸ்லாட் வாங்கு. வடை வந்தப்புறம் எவரும் மேடைய பாக்க மாட்டாங்க.

திவ்யா: 🙏 லிஃப்ட் வேணாம், செக்ரெட்டரி கோச்சுக்குவார்.

அரவிந்த்: அதான் முதல் ஜோக்.

*இந்த மெசேஜ் நீக்கப்பட்டது*

பானு சித்தி: ஐயோ! மெஷினும் தூசி பிடிக்குது, மெஷின் மேலயும் தூசி பிடிக்குது!! 😂😂 இப்பதான்டி புரிஞ்சுது.