‘மேனேஜ்ட் ரிட்ரீட்’: கரைவிலகலா, கரைவிலக்கலா?

அன்புள்ள குழுவினருக்கு,

நாம் தொகுக்கும் நகரத் திட்டமிடல் சொற்பட்டியலில் ‘மேனேஜ்ட் ரிட்ரீட்’ (managed retreat) என்ற ஆங்கிலச் சொல்லுக்கு எதிரே தமிழ்ச்சொல் இல்லாமல் இன்னும் வெற்றிடம்தான். கடல் ஏறும் இடத்திலும் ஆறு பெருகும் இடத்திலும் சுவரை உயர்த்திக்கொண்டே போகாமல், குடியிருப்பை எடுத்துவிட்டு நிலத்தை நீருக்கே விட்டுவிடுவது என்பது பொருள். இதுவரை வந்த சொற்களை ஒவ்வொன்றாகப் பார்க்கிறேன்.

> திட்டமிட்ட பின்வாங்கல்

படைத்துறை வாடை அடிக்கிறது. தோற்றவன் பின்வாங்குவான். எந்த மேயரும் இந்தச் சொல்லை மேடையில் சொல்லமாட்டார்.

> கரையொதுங்கல்

ஓசை நன்றாகத்தான் இருக்கிறது, ஐயா. ஆனால் நாளிதழ்களில் கரையொதுங்குவது திமிங்கலமும் சடலமும்தான். ‘ஒதுங்கல்’ என்று சுருக்கினாலும் வம்பு. ஊர்ப்பக்கம் ஒதுங்கப் போவது எதற்கென்று எல்லோருக்கும் தெரியும்.

> மறுகுடியமர்வு / மீள்குடியேற்றம்

அரசு ஆவணங்களில் புழங்குகிற சொற்கள்; அதனால் பலர் ஆதரிக்கிறீர்கள். எனக்கு ஒப்புதல் இல்லை. இலங்கையில் மீள்குடியேற்றம் என்றால் போரில் இடம்பெயர்ந்தவர்கள் சொந்த ஊருக்குத் திரும்புவது. நாம் தேடும் பொருளுக்கு நேர் எதிர்த்திசை அது. இதைச் சுட்டி யாழ்ப்பாணத்திலிருந்து எழுதிய அக்கா சொன்னது சரி. 2004 ஆழிப்பேரலைக்குப் பிறகு அங்கே கடலோரத்திலிருந்து தெற்கிலும் மேற்கிலும் 100 மீட்டர், வடக்கிலும் கிழக்கிலும் 200 மீட்டர் என்று கட்டடத் தடை வலயம் போட்டார்கள். மீனவர் வீட்டுக்குத் தடை, சுற்றுலா விடுதிக்கு விலக்கு. எதிர்ப்பு வலுத்ததும் தூரத்தைக் குறைத்தார்கள். இதையெல்லாம் ‘மீள்குடியேற்றம்’ என்ற சொல்லுக்குள் எப்படி அடைப்பது?

‘மறுகுடியமர்வு’க்கு வேறொரு குறை. போய்ச் சேரும் இடத்தை மட்டும் அது பேசுகிறது. விட்டுவந்த இடம் என்ன ஆனது என்று கேட்பதில்லை. சென்னையில் ஆற்றுக்கு இடையூறு என்று சொல்லிக் கூவக் கரையில் குடிசைகளை அகற்றினார்கள். அதே கூவத்துக்குள்தான் துறைமுகம்–மதுரவாயல் பறக்கும் சாலைக்குத் தூண்கள் எழுந்தன. 2015 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு அடையாற்றுக் கரையிலிருந்து குடும்பங்களை ஏற்றிக்கொண்டு போய் இறக்கிய பெரும்பாக்கம் பள்ளிக்கரணைச் சதுப்புநிலத்தை ஒட்டிய தாழ்வான பகுதி. பக்கத்துச் செம்மஞ்சேரியில் கனமழைக்கு வீட்டு வாசலில் தண்ணீர் நிற்பது புதிதல்ல. நீரிடமிருந்து காப்பாற்றுகிறோம் என்று சொல்லி இன்னொரு நீர்நிலையின் ஓரத்தில் கொண்டுபோய் விட்டால், அது குடியமர்வாக இருக்கலாம். நாம் தேடும் பொருள் அதில் இல்லை.

சரி, என் பரிந்துரைக்கு வருகிறேன். ஒரு சொல் போதாது, இரண்டு வேண்டும்: கரைவிலகல், கரைவிலக்கல்.

ஆங்கிலத்தில் ‘மேனேஜ்ட்’ என்ற அடைமொழி செய்பவர் யாரென்று சொல்லாமல் நழுவிவிடுகிறது. தமிழில் திருந்து–திருத்து, அடங்கு–அடக்கு போல விலகு–விலக்கு என்று தன்வினையும் பிறவினையும் தனித்தனியே இருக்கின்றன. மக்கள் தாமே விலகினார்களா, யாராவது விலக்கினார்களா? எழுதுபவர் இரண்டில் ஒன்றைத் தேர்ந்தே ஆகவேண்டும்.

நியூயார்க்கின் ஸ்டேட்டன் தீவில் உள்ள ஓக்வுட் பீச்சைப் பாருங்கள். 2012 அக்டோபரில் சாண்டி புயல் அடித்த பிறகு அங்கிருந்தவர்கள் தாங்களே கூட்டம் கூடி, எங்கள் வீடுகளை வாங்கிக்கொள்ளுங்கள் என்று மாநில அரசிடம் கேட்டார்கள். புயலுக்கு முந்தைய மதிப்பில் அரசு வாங்கியது. அந்த நிலத்தில் மறுபடி வீடு கட்டக்கூடாது என்பது ஏற்பாடு. இது கரைவிலகல்.

ஜகார்த்தாவில் சிலிவுங் ஆற்றங்கரைக் குடியிருப்புகளான கம்போங் புலோவை 2015-லும், புக்கிட் டுரியை 2016-லும் இடித்தார்கள். ஆற்றை அகலப்படுத்திக் கான்கிரீட் சுவர் எழுப்பும் அந்த வேலைக்கு அரசு வைத்த பெயர் ‘நார்மலிசாசி’, அதாவது இயல்பாக்கம். பின்னர் வந்த ஆளுநர் அதை ‘நாத்துராலிசாசி’, அதாவது இயற்கையாக்கம் என்று மாற்றினார். வீடு இழந்தவர் எந்தப் பெயரைச் சொல்வார்? கரைவிலக்கல் என்று எழுதினால் மழுப்ப வழியில்லை.

இன்னொரு நண்பர் கேட்டிருந்தார்:

> ‘கரைவிலக்கல்’ என்றால் கரையை விலக்குவது என்று ஆகாதா?

ஆகும், தனியாக நின்றால். ‘மலைவீழ் அருவி’யை மலையை வீழ்த்தும் அருவி என்று யாரும் படிப்பதில்லை அல்லவா? அதே ஐந்தாம் வேற்றுமைத் தொகைதான் இதுவும்: கரையிலிருந்து விலகல், கரையிலிருந்து விலக்கல். ஆனால் வேடிக்கை என்னவென்றால், கரையையே விலக்கிய ஊரும் இருக்கிறது. நெதர்லாந்தில் 1995 வெள்ளத்தில் ஏறத்தாழ இரண்டரை லட்சம் பேரை வெளியேற்ற வேண்டிவந்தது. அதன்பின் ஆற்றுக்கு இடம் விடும் திட்டம் ஒன்றை வகுத்து, நைமேகன் நகருக்கு எதிர்க்கரையில் உள்ள லெண்ட்டில் வெள்ளத்தடுப்புக் கரையை 350 மீட்டர் உள்ளே தள்ளிக் கட்டினார்கள். நடுவில் புதுக் கால்வாய் வெட்டினார்கள். 50 வீடுகள் அளவுக்குப் போயின. கரையைத் தள்ளிக் கட்டிய அந்தக் கட்டுமான வேலைக்குக் ‘கரைநகர்த்தல்’ என்று தனிச்சொல் வைத்துக்கொள்ளலாம்.

அந்த 50 வீடுகளை எந்தச் சொல்லில் போடுவது? அங்கே இழப்பீடு உண்டு, பேச்சுவார்த்தை உண்டு, எதிர்ப்பும் இருந்தது. கடைசியில் முடிவெடுத்தது அரசு. என்னைக் கேட்டால் அதுவும் விலக்கல்தான். நல்ல முறையில் நடந்த விலக்கல். பிறவினை என்பதாலேயே வசைச்சொல் ஆகிவிடாது. முடிவு யார் கையில் இருந்தது என்பதை மட்டும் அது பதிவுசெய்யும்.

சென்னையில் அந்தக் கேள்விக்கு விடை தேடுவதே பெரும்பாடு. ஆறு நீர்வளத் துறையுடையது. மழைநீர் வடிகால் மாநகராட்சிக்கு. நிலப் பயன்பாடு சி.எம்.டி.ஏ. எனப்படும் சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்துக்கு. வீடு ஒதுக்குவது, 1970-இல் குடிசை மாற்று வாரியமாகத் தொடங்கி 2021-இல் நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என்று பெயர் மாறிய அமைப்பு. கரையில் குடியிருப்பவர் எந்த மேசைக்குப் போய் முறையிட்டாலும் அது அடுத்த மேசையின் வேலை. அதனால்தான் வரையறையில் ‘முடிவெடுக்கும் அமைப்பு’ என்பதையும் சேர்க்கச் சொல்கிறேன்.

கோப்பில் இப்படிப் பதியலாமா?

கரைவிலகல்: வெள்ளத்துக்கோ கடலேற்றத்துக்கோ ஆட்படும் இடத்தைக் குடியிருப்போர் தம் ஒப்புதலோடு விட்டு நீங்குவதும், அந்த நிலம் மீண்டும் கட்டடத்துக்குப் போகாமல் நீருக்கு விடப்படுவதும்.

கரைவிலக்கல்: அதே பெயர்வை ஓர் அமைப்பு முடிவெடுத்து நடத்துவது, அமைப்பின் பெயர் உடன் குறிக்கப்படும்.

நிலம் நீருக்குப் போகாமல் சாலைக்கோ கட்டடத்துக்கோ போனால் இரண்டும் பொருந்தாது. அதற்குப் பழைய சொல் ‘வெளியேற்றம்’ இருக்கிறது, அதுவே போதும்.

மாற்றுக் கருத்து உள்ளவர்கள் எழுதுங்கள். முக்கியமாக, ‘கரை’ என்பது கடலோரத்துக்கும் ஆற்றோரத்துக்கும் சேர்ந்து வருவதில் புவியியல்காரர்களுக்கு மறுப்பு உண்டா என்று தெரியவேண்டும்.

அன்புடன்.