நண்பர்களோடு கார் கேம்: ரேஸ் அல்லாமல் நாமே என்ன சேலஞ்ச் வைத்து ஆடலாம்?

நள்ளிரவு_ஓட்டி எழுதியது:

வணக்கம். நாங்கள் ஆறு பேர், ஒரே கல்லூரியில் படித்தவர்கள், இப்போது ஆளுக்கொரு ஊரில் வேலை. சனிக்கிழமை ராத்திரி டிஸ்கார்டில் (குழுவாகப் பேசுகிற ஆப்) கூடி ஃபோர்ஸா ஹொரைசன் 5 என்ற கார் கேம் ஆடுவோம், எங்களைச் சேர்த்து வைத்திருப்பதே அதுதான். சிக்கல் என்னவென்றால் எங்களில் ஒருவன் ஸ்டீயரிங் வீல், பெடல் எல்லாம் வைத்து நிஜமாகவே நன்றாக ஓட்டுகிறான், எந்த ரேஸ் வைத்தாலும் இரண்டாவது வளைவிலேயே கண்ணுக்குத் தெரியாமல் போய்விடுகிறான், மீதி ஐந்து பேரும் ஆளுக்கொரு இடத்தில் தனியாக ஓட்டிக்கொண்டிருக்கிறோம். பேச்சும் நின்றுபோகிறது. இப்போது இரண்டு பேர் "இன்னைக்கு வேலை இருக்குடா" என்று நழுவ ஆரம்பித்துவிட்டார்கள்.

கேமில் ஏற்கெனவே இருக்கும் ரேஸ் வேண்டாம், நாமே விதி போட்டு ஆடுகிற மாதிரி ஏதாவது சொல்லுங்கள். நன்றாக ஓட்டுபவனை ஒதுக்குவது என் நோக்கமில்லை, அவனுக்கும் சவாலாக இருக்க வேண்டும். இன்னும் ஒன்று: கூட ஆட ஆசைப்படும் ஒரு நண்பனிடம் போன் மட்டும்தான் இருக்கிறது. என் தங்கையும் பக்கத்தில் உட்கார்ந்து பார்ப்பாள், அவளுக்குக் கண்ட்ரோலரைத் தொடவே பிடிக்காது, ஆனால் கூட்டத்தில் இருக்கப் பிடிக்கும். இவர்களையும் சேர்க்க வழி இருக்கிறதா?


மலைப்பாதை_மாறன் எழுதியது:

நண்பா, ரேஸின் அமைப்பே ஆட்களைப் பிரிப்பதுதான். ஒரு வளைவுக்கு அரை நொடி வித்தியாசம் என்றால் இருபது வளைவு முடியும்போது பத்து நொடி, அதற்குள் முன்னால் போனவன் அடுத்த ஊரில் இருப்பான். அதனால் எந்த விதி யோசித்தாலும் "இது எல்லாக் கார்களையும் ஒரே இடத்துக்குக் கொண்டுவருகிறதா, மெதுவாக ஓட்டுகிறவன் இல்லாமல் முடியாதபடி இருக்கிறதா" என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள். நான் பார்த்தவரை இந்த இரண்டும் இருந்தால் ஆட்டம் சூடு பிடித்துவிடும்.

2008-ல் வந்த பர்ன்அவுட் பாரடைஸ் என்ற கார் கேம் இதை அருமையாகச் செய்தது. அதில் ஃப்ரீபர்ன் சேலஞ்ச் என்று 350 இருந்தன: 2 பேருக்கு 50, 3 பேருக்கு 50 என்று 8 பேர் வரைக்கும். எல்லோரும் ஒரே இடத்தில் வந்து கூடுவது, ஒருவர் காருக்கு மேல் இன்னொருவர் பறப்பது என்று நிறைய, அதில் யார் முதலில் என்ற பேச்சே கிடையாது. ஒருவன் தாண்டவில்லை என்றால் மற்ற எல்லோரும் நின்று அவனுக்கு வழி சொல்லிக்கொண்டிருப்பார்கள், அந்தப் பேச்சுதான் உங்களுக்கு வேண்டியது.

ஹொரைசன் 5-ல் எளிதாக ஆரம்பிக்க ஒரு வழி: ஆறு பேரும் பீல் பி50 எடுங்கள். 1960-களில் ஐல் ஆஃப் மேன் தீவில் செய்த கார், மூன்று சக்கரம், ஒரே இருக்கை, 49 சிசி எஞ்சின். டியூனிங் எதுவும் செய்யாமல் கேமில் வரும் கிரான் கால்டெரா எரிமலையின் உச்சிக்கு ஏற வேண்டும். சாலையில் போகக் கூடாது, செங்குத்தாகத்தான் ஏற வேண்டும். கடைசி ஆள் உச்சியைத் தொட்ட நேரம்தான் எல்லோருக்குமான நேரம். பின்னால் இருந்து தள்ளாமல் யாராலும் ஏற முடியாது, வீல் வைத்திருக்கும் உங்கள் நண்பன் தானாகவே கீழே இறங்கி வந்து மற்றவர்களைத் தள்ளுவான். கான்வாயில் (நண்பர்கள் சேர்ந்து ஓட்டும் குழு) கார்கள் ஒன்றோடொன்று மோதுகின்றனவா என்று மட்டும் முதலிலேயே பார்த்துவிடுங்கள், ஊடுருவிப் போனால் இது நடக்காது.

அப்புறம் பூனை எலி. இது பழைய எக்ஸ்பாக்ஸ் ஆட்கள் புராஜெக்ட் காத்தம் ரேசிங் என்ற கேமின் காலத்திலேயே தாங்களாக விதி போட்டு ஆடியது, பிறகு 2009-ல் ஃபோர்ஸா மோட்டர்ஸ்போர்ட் 3 அதை கேமுக்குள்ளேயே ஒரு வகையாகச் சேர்த்துக்கொண்டது. நீங்கள் ஆறு பேர் என்பதால் இரண்டிரண்டு பேராக மூன்று அணி. ஒவ்வொரு அணியிலும் ஒரு சின்னக் கார், ஒரு வேகமான பெரிய கார். கோட்டை முதலில் தாண்டும் சின்னக் காருக்குத்தான் வெற்றி. பெரிய கார் தன் ஆளைப் பின்னால் இருந்து தள்ளலாம், எதிராளியின் சின்னக் காரைச் சாலையை விட்டு வெளியே அனுப்பலாம், அவ்வளவுதான் அதன் வேலை. சின்னக் காரை எப்போதும் உங்கள் குழுவில் மெதுவாக ஓட்டுகிறவர்களிடம் கொடுங்கள். மணிக்கு 200 கிலோமீட்டரில் ஒரு சின்னக் காரைக் கவிழ்க்காமல் வளைவில் தள்ளிக்கொண்டு போவது லேசுப்பட்ட வேலை இல்லை, நன்றாக ஓட்டுகிறவனுக்கு அதைவிடப் பெரிய சவால் இந்த கேமில் கிடையாது என்று நான் நினைக்கிறேன்.


கடைசி_லேப் எழுதியது:

மாறன் சொல்வதில் பாதிதான் எனக்கு ஒப்புதல். ரேஸையே தூக்கி எறிய வேண்டாம், ரேஸைச் சமன் செய்ய முடியும், நிஜப் பந்தயங்களிலேயே செய்கிறார்கள். ஜப்பானின் சூப்பர் ஜிடி கார் பந்தயத் தொடரில் ஒரு கார் புள்ளி சேர்க்கச் சேர்க்க அதில் எடை ஏற்றிக்கொண்டே போவார்கள், பாதி சீசனில் ஜெயித்துக்கொண்டிருந்த கார் திணற ஆரம்பிக்கும், பின்னால் இருந்தவர்கள் மேலே வருவார்கள். ஹொரைசனில் அதற்குக் கைவசம் பிஐ எண் இருக்கிறது, காரின் திறனைக் காட்டும் எண் அது, அதை வைத்துத்தான் கார்களை கிளாஸாகப் பிரிக்கிறார்கள். எல்லோரும் ஏ கிளாஸில் 800-ல் ஆரம்பியுங்கள், ஜெயித்தவன் அடுத்த ரேஸுக்கு 30 குறைத்துக்கொண்டு வர வேண்டும், கடைசியில் வந்தவன் 30 ஏற்றிக்கொள்ளலாம். நாலைந்து ரேஸுக்குள் ஆறு பேரும் ஒரே கூட்டமாக வளைவுக்குள் நுழைவார்கள். வீல்காரனுக்கும் இது பிடிக்கும், ஏனென்றால் 680-ல் இருக்கும் காரை வைத்துக்கொண்டு 830 காரைத் தடுக்கிற வேலை அவனுக்கு வந்துவிடும்.

இன்னொன்று, எனக்கு மிகவும் பிடித்தது. இத்தாலியின் மில்லே மிலியா 1927 முதல் 1957 வரை சாதாரணச் சாலையில் உயிரைப் பணயம் வைத்து ஓட்டிய பந்தயம். 1977-ல் அதை மறுபடி தொடங்கியபோது வேகப் போட்டியாக வைக்கவில்லை, குறித்த தூரத்தைக் குறித்த நேரத்தில் கடக்கிற துல்லியப் போட்டியாக மாற்றினார்கள். நீங்களும் அதையே செய்யலாம். ஒரு பாதையைத் தேர்ந்தெடுங்கள், ஒவ்வொருவரும் "நான் 4 நிமிடம் 20 நொடியில் வருவேன்" என்று முன்கூட்டியே டிஸ்கார்டில் எழுதிவிட வேண்டும், திரையில் ஸ்பீடோமீட்டர், கடிகாரம் எல்லாவற்றையும் அணைத்துவிட்டு ஓட்ட வேண்டும், தான் சொன்ன நேரத்துக்கு மிக அருகில் வருபவருக்கு வெற்றி. வேகமாகப் போனாலும் தோல்வி, மெதுவாகப் போனாலும் தோல்வி. இதில் நிதானமாக ஓட்டுகிற ஆட்கள் பிரமாதமாக ஜெயிப்பதைப் பார்த்திருக்கிறேன்.


சித்ரா_ஓரசீட் எழுதியது:

தங்கச்சியைப் பற்றிய கேள்விக்கு யாரும் பதில் சொல்லவில்லையே, நான் சொல்கிறேன். கண்ட்ரோலர் பிடிக்காதவர்களுக்கு ராலியில் கோ-டிரைவர் செய்கிற வேலையைக் கொடுங்கள். எங்கள் வீட்டில் நாங்கள் இப்படித்தான் ஆடுகிறோம், வண்டி ஓட்டுவது அண்ணன், வழி சொல்வது நான்.

ஓட்டுபவர் மினிமேப் (திரை ஓரத்தில் தெரியும் சின்ன மேப்), சாலையில் வரும் வழிகாட்டிக் கோடு, பெயர்ப் பலகை எல்லாவற்றையும் அணைத்துவிட வேண்டும். வழி சொல்கிறவர் கையில் மேப் இருக்கும், போனில் ஒரு படமாக எடுத்து வைத்துக்கொண்டால் போதும். சேர வேண்டிய இடம் ஓட்டுபவருக்குத் தெரியவே கூடாது. "தேவாலயம் தெரியுதா? அதைத் தாண்டி ரெண்டாவது சந்து, சோத்துக்கைப் பக்கம்" என்று அவர் சொல்லச் சொல்ல இவர் திருப்ப வேண்டும். உங்கள் தங்கையோடு, போன் மட்டும் வைத்திருக்கிற நண்பரையும் இதில் சேர்த்துவிடலாம், டிஸ்கார்ட் இருந்தால் போதுமே. இரண்டு அணி ஒரே நேரத்தில் கிளம்பினால் இன்னும் நன்றாக இருக்கும், ஓட்டுபவர்கள் நடுவழியில் எதிரும் புதிருமாகச் சந்தித்துக்கொள்வார்கள்.

இதற்கு ஏற்ற இடம் ஹொரைசன் 5-ல் வரும் மெக்சிகோவின் குவானஹுவாதோ நகரம். நிஜ ஊரிலேயே ஆற்றைத் திருப்பி விட்ட பிறகு அதன் பழைய பாதையில் நிலத்தடிச் சாலை போட்டிருக்கிறார்கள், கேமிலும் ஊருக்கு அடியில் சுரங்கப்பாதை வருகிறது. குறுகலான சந்து, மேடு, படிக்கட்டு என்று வேகமான கார் வைத்திருந்தாலும் பிரயோஜனமில்லாத இடம். ஒளிந்து பிடித்து ஆடவும் அதே ஊர்தான் சிறந்தது. தேடுகிறவர் இரண்டு நிமிடம் ஸ்டேடியத்தில் நிற்க வேண்டும், மற்றவர்கள் நகர எல்லைக்குள் ஒளிந்துகொள்ள வேண்டும், மேப்பில் எல்லோரும் தெரிவார்கள் என்பதால் தேடும்போது மேப்பைத் திறக்கக் கூடாது. கண்டுபிடிக்கப்பட்டவர் அடுத்து தேடுகிறவரோடு சேர்ந்துவிடுவார், அதனால் யாரும் சும்மா உட்கார்ந்திருக்க மாட்டார்கள். இந்தக் கடைசி விதியை விடவே விடாதீர்கள். அவுட் ஆனவர் வேடிக்கை பார்க்கிற ஆட்டம் எதுவாக இருந்தாலும் அரைமணி நேரத்தில் ஆட்கள் கழன்றுகொள்வார்கள்.

ஜிடிஏ 5 உங்களிடம் இருந்தால் இதைவிடப் பெரிய ஒளிந்து பிடித்து ஒன்று இருக்கிறது. ஃபெயில்ரேஸ் என்ற யூடியூப் சேனல் பிரபலப்படுத்தியது: ஒருவர் சாதாரணக் காரில் ஏறி, கேமே ஓட்டுகிற வண்டிகளைப் போல சிக்னலில் நின்று, லேன் மாறாமல் போய்க்கொண்டிருப்பார், மற்றவர்கள் அவரைப் போக்குவரத்துக்கு நடுவில் அடையாளம் காண வேண்டும். பெயரும் மேப் புள்ளியும் தெரியக் கூடாது என்பதால் ஃபைவ்எம் மாதிரியான தனி சர்வர் வேண்டியிருக்கும். அந்த கேமில் ஒரு முழு நாள் என்பது நிஜத்தில் 48 நிமிடம், எனவே "காலை 6 மணியிலிருந்து மாலை 6 வரை தப்பிக்க வேண்டும்" என்று வைத்தால் 24 நிமிடம் வரும், சரியான அளவு. வேகம் தெரிந்தவரைவிட பொறுமை தெரிந்தவர்தான் இதில் ஜெயிப்பார்.


டைமிங்_பஸ் எழுதியது:

போன் நண்பருக்காக ஒரு ராத்திரி எல்லோரும் போனுக்கு வாருங்கள். பஸ் சிமுலேட்டர் இந்தோனேசியா, மாலியோ என்ற நிறுவனம் 2017-ல் வெளியிட்டது, இலவசம், கான்வாய் மல்டிபிளேயர் இருக்கிறது. இந்தோனேசியாவிலும் நம்மைப் போலவே சாலையின் இடப்பக்கம்தான் ஓட்டுவார்கள், அதனால் ஓட்டும்போது அந்நியமாகவே தெரியாது. நம் ஆட்கள் அரசு பஸ், தனியார் பஸ் மாடல்களை மாட் ஆக (ஆடுகிறவர்களே கேமில் சேர்க்கும் மாற்றம்) செய்து போட்டிருக்கிறார்கள், பெயின்ட் கூட அச்சு அசல்.

அதில் நாங்கள் ஆடுவது டைமிங். ஒரே ரூட்டில் ஓடும் இரண்டு தனியார் பஸ்களுக்கு நடுவில் மூன்று நிமிட இடைவெளி வைத்துப் பெர்மிட் கொடுத்தால் ஊரில் என்ன நடக்கும் என்று எல்லோருக்கும் தெரியும். நாங்கள் அதையே தலைகீழாக வைத்தோம். முதல் பஸ் கிளம்பி மூன்று நிமிடம் கழித்து இரண்டாவது பஸ், அப்புறம் மூன்றாவது. வழியில் ஐந்து நிறுத்தம், ஒவ்வொரு நிறுத்தத்திலும் முன்னால் போன பஸ்ஸுக்கும் உங்களுக்கும் அதே மூன்று நிமிடம் இருக்க வேண்டும், கூடினாலும் குறைந்தாலும் புள்ளி போகும். முன்னால் போகிறவர் ட்ராஃபிக்கில் மாட்டிக்கொண்டால் பின்னால் இருக்கிற எல்லோரும் அவருக்காக நிதானிக்க வேண்டும், அவர் எங்கே இருக்கிறார் என்று விடாமல் கேட்டுக்கொண்டே போக வேண்டும். கடைசி_லேப் சொன்ன மில்லே மிலியா யோசனையைப் படித்ததும் எங்கள் ஆட்டம்தான் நினைவுக்கு வந்தது.

கம்ப்யூட்டரில் இதே மாதிரி வேண்டுமென்றால் யூரோ டிரக் சிமுலேட்டர் 2 பாருங்கள், தள்ளுபடி நாளில் விலை ரொம்பக் குறையும். 2021-ல் 1.41 பதிப்பில் 8 பேர் வரை சேர்ந்து ஓட்டும் கான்வாய் வசதி கொடுத்தார்கள். அனைவரும் ஒரே சரக்கை ஏற்றிக்கொண்டு மலைச்சாலையில் போங்கள், சேருமிடத்தில் யாருடைய சரக்கு அதிகம் அடிபட்டிருக்கிறதோ அதுதான் மொத்தக் குழுவின் மதிப்பெண்.


நள்ளிரவு_ஓட்டி எழுதியது:

இவ்வளவு வரும் என்று நான் நினைக்கவே இல்லை, எல்லோருக்கும் நன்றி. சித்ரா அக்கா சொன்னதைத் தங்கையிடம் காட்டினேன், இப்போதே குவானஹுவாதோ மேப்பைத் தேடிக்கொண்டிருக்கிறாள். வரும் சனிக்கிழமை அதுவும் பூனை எலியும் என்று முடிவு செய்துவிட்டோம். ஒரே ஒரு சந்தேகம்: விதியில் தகராறு வந்தால் என்ன செய்வீர்கள்? எங்களில் இரண்டு பேர் வக்கீல் மாதிரி வாதாடுவார்கள். "மேப்பைத் திறக்கவில்லை, தானாகத் திறந்தது" என்று ஆரம்பித்தால் ஒரு மணி நேரம் போய்விடும்.


மலைப்பாதை_மாறன் எழுதியது:

விதியைக் குறைவாக வைத்தால் வாதமும் குறையும். டிஸ்கார்டில் பின் செய்து வைக்கிற அளவுக்கு மூன்று வரி, அதற்கு மேல் வேண்டாம். எழுதாத எதுவும் அந்தச் சுற்றில் செல்லும், பிடிக்கவில்லை என்றால் அடுத்த சுற்றுக்கு முன் வரியை மாற்றிக்கொள்ளலாம், ஓடிக்கொண்டிருக்கும்போது மாற்றக் கூடாது. தீர்ப்பு சொல்வது அந்தச் சுற்றில் ஓட்டாத ஒருவர்தான், அந்த வேலையை உங்கள் போன் நண்பரிடம் கொடுங்கள். ஒருவர் திரையை ஷேர் செய்தால் அவருக்கு எல்லாம் தெரியும். ஒரு சுற்று பத்து நிமிடத்துக்கு மேல் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள், தோற்றவன் உடனே அடுத்த சுற்று கேட்பான், அப்போது வாதாட நேரமே இருக்காது.

விதிகளை கேமின் பெயர் போடாமல் எழுதி வையுங்கள். "தி க்ரூ" கேமின் சர்வர்களை 2024 மார்ச் 31 அன்று மூடிவிட்டார்கள், ஹொரைசன் 4 அதே ஆண்டு டிசம்பரில் விற்பனையிலிருந்தே போய்விட்டது. பூனை எலி பாருங்கள், எத்தனை கேம் மாறியும் இன்னும் ஆடுகிறோம்.


கடைசி_லேப் எழுதியது:

சனிக்கிழமை பூனை எலியில் கூடுதலாக ஒரு வரி சேருங்கள்: எதிராளியின் சின்னக் காரை ஸ்டார்ட் லைனிலிருந்து முதல் ஒரு கிலோமீட்டர் வரை யாரும் தொடக் கூடாது. இல்லாவிட்டால் கிளம்பும் இடத்திலேயே மூன்று சின்னக் கார்களும் கவிழ்ந்து கிடக்கும். முடிந்ததும் எந்தக் கார் ஜோடி நன்றாக வந்தது என்று இங்கே எழுதுங்கள், நாங்கள் சின்னக் காருக்குப் பீலும் பெரிய காருக்கு வேனும் வைத்து ஆடுகிறோம், பீட்டில் கார் எப்படி வரும் என்று பார்க்க ஆசை.