ஸ்பானிஷில் பில்லிங் ஆப்: மெக்சிகோ, சிலி, அர்ஜென்டினா, ஸ்பெயின் எல்லாவற்றுக்கும் ஒரே மொழிபெயர்ப்பு போதுமா?

கல்லாப்பெட்டி:
சின்னக் கடைகளுக்கான பில்லிங், ஸ்டாக் ஆப் ஒன்று ஆங்கிலத்தில் ஓடுகிறது. அடுத்து ஸ்பானிஷ். முதலில் மெக்சிகோ, பிறகு சிலி, அர்ஜென்டினா, கடைசியில் ஸ்பெயின். திரையில் வருவது மொத்தம் சுமார் 2,000 வரி. ஒரு ஏஜென்சி, "நியூட்ரல் ஸ்பானிஷ் என்று ஒரே தொகுப்பு போதும்" என்கிறது. இன்னொன்று, நாட்டுக்கு ஒன்று வேண்டும் என்று நாலு மடங்கு விலை சொல்கிறது. யார் சொல்வது சரி? மொழிபெயர்ப்பைத் தாண்டி எங்கெல்லாம் இடிக்கும்?

சொல்லேர்:
இரண்டு பேர் சொல்வதும் முழுச் சரியில்லை. லத்தீன் அமெரிக்காவுக்கு ஒன்று, ஸ்பெயினுக்கு ஒன்று, அர்ஜென்டினாவுக்கு ஒரு சின்ன மாற்றுப் பட்டியல். அவ்வளவுதான்.

ஸ்பானிஷ் 20 நாடுகளில் ஆட்சிமொழி, சுமார் 50 கோடிப் பேருக்குத் தாய்மொழி. இருந்தும் எழுத்துக்கூட்டல் எங்கும் ஒன்றே. மாட்ரிட்டில் 1713இல் தொடங்கிய ஸ்பானிஷ் மொழி அகாடமி இன்று தனியாக விதி போடுவதில்லை. அமெரிக்கக் கண்டம், பிலிப்பைன்ஸ், எக்குவடோரியல் கினி உட்பட 23 அகாடமிகள் சேர்ந்து முடிவெடுக்கின்றன. அதனால் ஸ்பெல்லிங்குக்காக நாட்டுக்கு நாடு காசு கொடுக்க வேண்டியதில்லை.

பிரிவது முன்னிலையில்தான். நெருக்கமான ஒருமைக்கு மெக்சிகோவில் 'தூ', அர்ஜென்டினாவில் 'வோஸ்'. வோஸ் வந்தால் வினைவடிவமும் மாறும்: 'உன்னால் முடியும்' என்ற 'புவேதெஸ்', 'போதேஸ்' ஆகும். ஸ்பெயினில் நண்பர்கள் கூட்டத்தை அழைக்கும் 'வொசோத்ரோஸ்' அமெரிக்கக் கண்டத்தில் அன்றாடப் பேச்சில் இல்லை. இதைத் தாண்ட ஒரு வழி உண்டு. பட்டன்களில் கட்டளை வடிவமே வேண்டாம், 'குவார்தார்' (சேமிக்க), 'கான்செலார்' (ரத்துசெய்ய) என்று வினையெச்ச வடிவத்தில் வையுங்கள். ஆள் வித்தியாசமே வராது. உதவிக் குறிப்புகளை மரியாதை வடிவமான 'உஸ்தெத்' வைத்து எழுதினால் எல்லா நாட்டுக்கும் பொருந்தும். ஸ்பெயினில் மட்டும் ஆப் ஒன்று இப்படிப் பேசுவது விறைப்பாகத் தெரியும், அதனால் அங்கே 'தூ'.

பொதுச் சொற்களில் கம்ப்யூட்டர், செல்போன் மாதிரி சில டஜன்தான் மாறும். உங்களுக்குத் தலைவலி வணிகச் சொற்களில். சிலியில் சாதாரண வாடிக்கையாளருக்குக் கொடுப்பது 'போலேத்தா', வரி கணக்கு காட்டும் நிறுவனத்துக்கு 'ஃபக்தூரா'. மெக்சிகோவில் கவுண்டரில் அச்சாவது 'திக்கெட்'. ஃபக்தூரா என்றால் வரித்துறை முத்திரையிட்ட மின்னணு ஆவணம். அர்ஜென்டினாவில் ஃபக்தூராவிலேயே ஏ, பி, சி என்று வகை உண்டு. இவற்றை மொழிபெயர்ப்பாளரிடம் விடாதீர்கள். அந்தந்த ஊர்க் கணக்காளர் ஒருவர் பார்க்க வேண்டிய 50, 60 வரி இவை.

தசமப்புள்ளி:
மேலே சொன்னதோடு ஒத்துப்போகிறேன். ஆனால் ஆப் கவிழ்வது பெரும்பாலும் எண்களில்.

1.500 என்று அச்சிட்டால் மெக்சிகோ கடைக்காரருக்கு அது ஒன்றரை. அர்ஜென்டினா, சிலி, ஸ்பெயினில் ஆயிரத்து ஐந்நூறு. 'லத்தீன் அமெரிக்க ஸ்பானிஷ்' என்பதைக் குறிக்கும் 419 என்ற மொழிக் குறியீட்டை மட்டும் ஆப்பில் வைத்தால் எண் வடிவம் மெக்சிகோ வழக்கப்படி வரும். சிலிக்காரர் பில் தப்பாகும். வாசகத்துக்கு ஒரு செட்டிங், எண்ணுக்கு நாட்டுவாரியாக இன்னொரு செட்டிங் என்று பிரித்துவிடுங்கள். தசமத்துக்குக் கமா போடும் நாடுகளில் எக்செல், சிஎஸ்வி கோப்பில் அரைப்புள்ளியை எதிர்பார்க்கும். கமா வைத்து ஏற்றுமதி செய்தால் எல்லாம் ஒரே பத்தியில் போய் அடையும்.

மெக்சிகோ, சிலி, அர்ஜென்டினா மூன்றிலும் பெசோவுக்கு டாலர் குறிதான். சிலி பெசோவுக்குச் சில்லறைப் பின்னம் கிடையாது, இரண்டு தசம இடம் காட்டாதீர்கள். ரிப்போர்ட்டில் 'பில்லியன்' வந்தால் 'மில் மில்யோனெஸ்' என்று மாற்ற வேண்டும். ஸ்பானிஷ் 'பில்யோன்' நம் லட்சம் கோடி. ஆயிரம் மடங்கு வித்தியாசம்.

அடையாள எண்: சிலியின் 'ரூத்' எண்ணில் கடைசி இடம் கே என்ற எழுத்தாகவும் இருக்கலாம், அதனால் எண்-மட்டும் ஃபீல்டு வைக்காதீர்கள். மெக்சிகோவின் 'ஆர்எஃப்சி' தனிநபருக்கு 13 இடம், நிறுவனத்துக்கு 12. அங்கே மின்பில்லின் 4.0 வடிவம் 2023 முதல் கட்டாயம். வாங்குபவர் பெயர், அஞ்சல் குறியீடு, வரிப்பிரிவு மூன்றும் வரித்துறைப் பதிவோடு அப்படியே ஒத்துப்போக வேண்டும். நிறுவனப் பெயருக்குப் பின்னால் வரும் 'எஸ்.ஏ. தெ சி.வி.' என்ற நிறுவன வகைப் பகுதியைச் சேர்த்து அனுப்பினாலே பில் திரும்பி வரும்.

பெயர் ஃபீல்டும் பாருங்கள். தந்தை வழி, தாய் வழி என இரண்டு குடும்பப்பெயர். கடைசிச் சொல்லை மட்டும் குடும்பப்பெயராக எடுத்து அகர வரிசையிட்டால் கார்சியா மார்க்கேஸ் 'எம்' பக்கம் போய்விடுவார். அவர் இருக்க வேண்டியது 'ஜி'யில். அர்ஜென்டினாவில் ஒன்று மட்டும் வைத்திருப்போர் நிறையப் பேர், இரண்டாவதைக் கட்டாயமாக்க வேண்டாம்.

மணியோசை:
எஸ்எம்எஸ், பிரின்டர் இரண்டையும் யாரும் தொடவில்லை.

எஸ்எம்எஸ்ஸின் 7 பிட் எழுத்துத் தொகுதியில் என்யே எழுத்து (தலையில் அலைக்கோடு போட்ட 'என்'), தலையில் சாய்கோடு போட்ட ஈ, தலைகீழ் கேள்விக்குறி எல்லாம் உண்டு. ஆனால் சாய்கோடு போட்ட ஏ, ஐ, ஓ, யூ கிடையாது. அதில் ஒன்று வந்தாலும் மொத்தச் செய்தியும் யுனிகோடுக்கு மாறி, 160 எழுத்து இடம் 70 ஆகச் சுருங்கும். 70 எழுத்தைத் தாண்டிய செய்திக்குக் கட்டணம் இரண்டு, மூன்று மடங்காகும். சாய்கோட்டை நீக்கி அனுப்புவதைவிட, அது வராத சொற்களாகத் தேர்ந்தெடுத்து எழுதச் சொல்லுங்கள். குறிப்பாக என்யேயின் அலைக்கோட்டைக் கழற்றாதீர்கள். 'ஆண்டு' என்ற சொல் ஆசனவாய் ஆகிவிடும்.

தெர்மல் பிரின்டருக்கு யுனிகோடு வாசகம் யூடிஎஃப்-8 வடிவில் அப்படியே போனால் ஒவ்வொரு சாய்கோட்டு எழுத்தும் இரண்டு குப்பை எழுத்தாக அச்சாகும். பிரின்டருக்குள் இருக்கும் எழுத்து அட்டவணைதான் கோட் பேஜ்; வழக்கமான 437 கோட் பேஜில் சிறிய எழுத்துகள் எல்லாம் சரியாக வரும். பெரிய ஏ, ஐ, ஓ, யூவுக்குச் சாய்கோடு இல்லை, யூரோ குறியும் இல்லை. 858 கோட் பேஜ் இரண்டையும் தீர்க்கும். 'பெரிய எழுத்துக்குச் சாய்கோடு வேண்டாம்' என்பது டைப்ரைட்டர் காலப் பழக்கம், இலக்கணம் அதை ஏற்பதில்லை.

கல்லாப்பெட்டி:
நன்றி. இது போதுமான அளவு பயமுறுத்திவிட்டது. ஒன்று மட்டும்: மெக்சிகோ போனில் சில சமயம் ஸ்பெயின் வாசகம் வருமாமே? சப்போர்ட்டுக்கு ஆள் எடுக்க எந்தத் தேர்வைக் கேட்கலாம்?

சொல்லேர்:
வரும். மெக்சிகோ ஸ்பானிஷ் கிடைக்காவிட்டால் அடுத்து 419ஐப் பார்க்க வேண்டும். பல வெப் சர்வர்கள் அதைத் தாண்டி, நாடு சொல்லாத பொது ஸ்பானிஷ் குறியீடான வெறும் 'இஎஸ்'ஸுக்கே போய்விடும், பெரும்பாலோர் அங்கே ஸ்பெயின் வாசகத்தை வைத்திருப்பார்கள். நீங்கள் தலைகீழாக வையுங்கள்: 'இஎஸ்' என்பதில் லத்தீன் அமெரிக்க வாசகம், 'இஎஸ்-இஎஸ்' என்பதில் ஸ்பெயின். பேசுவோர் தொகையும் அந்தப் பக்கம்தான் சாய்கிறது. பிரேசிலை இதில் சேர்க்காதீர்கள், அங்கே போர்ச்சுகீசு.

தேர்வு: ஸ்பெயின் அரசின் மொழி அமைப்பான செர்வான்டெஸ் நிறுவனத்தின் 'டெலே' ஸ்பானிஷ் தேர்வின் சான்றிதழ் காலாவதியாகாது, ஒரு நிலைக்கு எழுதினால் பாஸ் அல்லது ஃபெயில். 'சியலே' என்ற இன்னொரு தேர்வு கணினியில் எழுதுவது. நாலு திறனுக்கும் தலா 250 மதிப்பெண், 5 ஆண்டு செல்லும். வேலைக்கு எடுக்க சியலே வசதி, பேசும் பகுதியின் மதிப்பெண் தனியாகத் தெரியும். போன் சப்போர்ட்டுக்கு அந்தப் பகுதியில் பி2 (நடுநிலைக்கு மேற்பட்ட மொழித்திறன்) கேளுங்கள். சாட் மட்டும் என்றால் எழுதும் பகுதியைப் பாருங்கள், மொத்த மதிப்பெண்ணை நம்ப வேண்டாம்.