பிரெத்லெஸ், கன்டெம்ப்ட் ரெண்டும் ஒரே கேமராமேனா?

ராத்திரி ஷோ:
போன வாரம் பிரெஞ்சு டைரக்டர் கோதாரோட பிரெத்லெஸ் பாத்தேன், நேத்து கன்டெம்ப்ட். முதல் படத்துல கேமரா கையிலயே தெருத்தெருவா அலையுது, கருப்பு வெள்ளை, ஒரே க்ரெயின், படம் முழுக்க புள்ளிப் புள்ளியா. கன்டெம்ப்ட்ல பாத்தா அகலத் திரை ஸ்கோப், கலர், காப்ரி தீவுக் கடல் நீலம் கண்ணைப் பறிக்குது, கேமரா அலுங்காம நகருது. ரெண்டுக்கும் கேமராமேன் ரவுல் கூத்தார்தானாம். நடுவுல நாலே வருஷம். எப்படிங்க இப்படி மாறினார்?

டாலி தள்ளுறவன்:
மனுஷன் மொதல்ல இந்தோசீனாவுல, அதாவது வியட்நாம் பக்கம், போர் போட்டோகிராபர். அங்க லைட் செட் பண்ணவா முடியும், இருக்குற வெளிச்சத்துல சட்டுனு எடுக்கணும். 1959-ல பிரெத்லெஸ் எடுக்கும்போது ராத்திரி பாரிஸை லைட் இல்லாம எடுக்கணும்னா அதுக்கேத்த, கம்மி வெளிச்சத்துலயும் பதியற வேகமான சினிமா ஃபிலிம் கிடையாது, இல்ஃபோர்ட் எச்பிஎஸ்னு ஸ்டில் கேமராவுக்கு வர்ற ஃபிலிம்தான் இருந்துச்சு, அது பதினேழரை மீட்டர் சுருளாத்தான் வரும், அதையெல்லாம் ஒண்ணோட ஒண்ணு ஒட்டி கேமிஃப்ளெக்ஸ் கேமராவுல போட்டு எடுத்தாங்க. நீங்க சொல்ற க்ரெயின் அங்கருந்து வந்ததுதான். ட்ராலிக்குப் பதிலா வீல்சேர்ல இவர் உக்கார, கோதாரே தள்ளினார்.

செல்லுலாய்டு செல்வி:
மாறினார்னு சொல்றதை நான் ஒத்துக்க மாட்டேன். வீட்டுக்குள்ள எடுக்கும்போது லைட்டை நடிகர் மூஞ்சில அடிக்காம சீலிங் பக்கம் திருப்பிடுவார், ரூம் முழுக்க ஒரே மாதிரி வெளிச்சம் பரவும், நடிகர் எங்க வேணா நடக்கலாம், கேமராவும் எந்தப் பக்கம் வேணா திரும்பலாம். ஜன்னல் வழியா வர்ற வெளிச்சம் மாதிரிதான் தெரியும். கலருக்குப் போனப்புறமும் அவர் தேடினது அந்த நிஜ வெளிச்சத்தைத்தான். கருப்பு வெள்ளையிலயே, டைரக்டர் த்ரூஃபோவுக்கு அவர் எடுத்த ஜூல் அண்ட் ஜிம் பாருங்க, எவ்வளவு மென்மை! அப்புறம் 1969-ல டைரக்டர் கோஸ்டா கவ்ராஸோட இசட் படம், அல்ஜியர்ஸ்ல எடுத்தது, கூட்டத்துக்குள்ள புகுந்து நியூஸ் எடுக்குறவன் மாதிரி கேமரா பாயும்.

டாலி தள்ளுறவன்:
செல்வி சொல்றது சரிதான், நான் அந்தக் கோணத்துல யோசிக்கல. ஒண்ணு சேத்துக்கறேன், அவரே டைரக்ட் பண்ண ஹோவா பின் 1970-ல வந்துச்சு, வியட்நாம் போருக்கு நடுவுல ஒரு சின்னப் பையனோட கதை. கான் திரைப்பட விழாவுல முதல் படத்துக்கான பரிசு வாங்குச்சு, ஆஸ்கர் நாமினேஷனும். ஆனா இவரைப் பத்திப் பேசுறவங்க எல்லாரும் கோதாரோடயே நிறுத்திடறாங்க, எனக்கு அது ரொம்ப வருத்தம். அவர் கேமரா பண்ண லெ க்ராப் தம்பூர் கண்டிப்பா பாருங்க, கொந்தளிக்கிற வடக்கு அட்லாண்டிக்ல போர்க்கப்பல், அதுக்குத்தான் அவருக்கு பிரான்ஸோட சீசர் சினிமா விருது கிடைச்சுது.

செல்லுலாய்டு செல்வி:
ஆமா, அந்தப் படத்தோட டைரக்டர் ஷோன்டோர்ஃபரும் இந்தோசீனாவுல ராணுவ கேமராமேனா இருந்தவர். ராத்திரி ஷோ, கன்டெம்ப்ட் ஆரம்பத்துல ட்ராலி மேல கேமராவோட ஒருத்தர் நம்மள நோக்கி வருவாரே, கவனிச்சீங்களா? அவர்தான் கூத்தார்.

ராத்திரி ஷோ:
ஐயோ, யாரோ துணை நடிகர்னு நெனச்சு விட்டுட்டேன்! இப்பதான் மறுபடி போட்டுப் பாத்தேன். தண்டவாளத்துல மெதுவா கிட்ட வந்து, அந்தப் பெரிய லென்ஸை அப்படியே இறக்கி நம்ம முகத்துக்கு நேரா நிறுத்துறார். நாலு தடவை பாத்துட்டேன்.