அப்பாரு வீட்டுக் குரூப்: கார்த்தியோட மெஷின் லோன்

கார்த்தி (காலை 7:05): எல்லாருக்கும் வணக்கமுங்க. பேங்க்ல வெள்ளிக்கிழமைக்குள்ள காளப்பட்டி இடத்துப் பத்திரமும் வாரிசு கையெழுத்தும் கேக்கறாங்க. கியர் ஷேவிங் மெஷினுக்கு (கியர் பல்ல மெலிசா சீவிச் சரி பண்றது) லோன். 60 லட்சம், 7 வருசம். நாளைக்கு சாயங்காலம் வீட்ல இருப்பீங்களான்னு சொல்லுங்க, பேப்பர நானே எடுத்துட்டு வரேன்.

மல்லிகா (7:09): வாரிசுன்னா நானுமா?

கார்த்தி (7:09): ஆமாங்க அத்தை. பெரியப்பா, அப்பா, நீங்க மூணு பேரும் போடோணும்.

மல்லிகா (7:10): பாகம் பேசறப்ப கூப்பிடலை. கையெழுத்துக்கு மட்டும் நெனப்பு வருது.

ராஜு (7:12): மல்லிகா, அத இங்க எதுக்கு

பழனிச்சாமி (7:20): [பலமுறை பகிரப்பட்டது] அவசரம்!!! 2030 முதல் நாடு முழுக்க பெட்ரோல், டீசல் கார் விற்பனைக்குத் தடை. இஞ்சின், கியர் தயாரிக்கும் சிறு தொழிற்சாலைகள் அனைத்தும் மூடப்படும். உறவினர் அனைவருக்கும் பகிரவும்.

பழனிச்சாமி (7:21): ராசு இதப் பாத்தியா. இதுல போயி 60 லட்சமா

ராஜு (7:22): யாரு அனுப்புனதுங்ண்ணா

பழனிச்சாமி (7:22): வாக்கிங் குரூப்ல வந்துது

செந்தில் (7:41): அப்பா, அது பொய்ச் செய்தி, வேற யாருக்கும் அனுப்பாதீங்க. பெட்ரோல் கார் விக்கக்கூடாதுன்னு நம்ம நாட்ல சட்டமே கிடையாது. 2017ல பியூஷ் கோயல் மந்திரியா இருந்தப்ப 2030க்குள்ள எல்லாக் காரும் எலக்ட்ரிக்னு பேசினாரு. அப்புறம் அரசாங்கமே அந்தப் பேச்ச விட்டுடுச்சு. இப்ப இருக்கறது 2030ல விக்கற கார்ல 30 சதவீதம் எலக்ட்ரிக்கா இருக்கோணும்ங்கற இலக்குதான். டெல்லில 10 வருச டீசலுக்கும் 15 வருச பெட்ரோலுக்கும் இருக்கற கட்டுப்பாட்டையும் இதோட போட்டுக் கலக்கிட்டாங்க. 2024-25ல உள்நாட்ல வித்தது சுமார் 43 லட்சம் கார். அதுல எலக்ட்ரிக் ஒரு லட்சத்துச் சொச்சந்தான்.

கார்த்தி (7:43): அதேதானுங்ண்ணா நானும் சொல்றேன். அந்த வருசம் நூறுக்கு மூணு கூட இல்லை

ராஜு (7:43): அப்ப கையெழுத்துப் போட்டுடலாம்

செந்தில் (7:58): சித்தப்பா, இருங்க. மெசேஜ் பொய்ங்கறதால மெஷின் சரின்னு ஆயிடாது. கார்த்தி, கணக்க நீயே பாரு. 5 கியர் மேனுவல் பாக்ஸ்ல முன்கியர் அஞ்சு ஜோடி, அதுவே 10 சக்கரம். ரிவர்ஸ், வீலுக்கு சக்தி கொடுக்கற ஃபைனல் டிரைவ் சேத்தா 15 பக்கம் வரும். அதுபோக கியர் மாத்தறப்ப வேகத்த ஒத்துப்போக வெக்கற சிங்க்ரோ ரிங், ஹப், ஸ்லீவ். எலக்ட்ரிக் கார்ல ரெண்டு ஸ்டேஜ் ரிடக்ஷன் (வேகத்தக் குறைக்கறது), மொத்தமே 4 சக்கரம். சிங்க்ரோ கிடையாது, கிளட்ச் கிடையாது. நூறு கார்ல பத்து கார் மாறுனாலே உன் பீஸ் எண்ணிக்கை அடி வாங்கும்.

எண்ணிக்கைய விடப் பெரிய விஷயம் ஃபினிஷ். ஷேவிங்ங்கறது கார்பரைசிங் (சூட்டுல கார்பன் ஏத்தி மேல்தோல கெட்டி பண்றது) பண்றதுக்கு முன்னாடி, இரும்பு மெத்துன்னு இருக்கறப்ப பண்ற வேலை. ஃபர்னஸ்க்குப் போயி ஆயில்ல குவென்ச் ஆகி (டக்குனு குளுந்து) வர்றப்ப பல்லு முறுக்கிக்கும். அதுக்கப்புறம் ஷேவிங் கட்டர் தொட முடியாது. பெட்ரோல் கார்ல இஞ்சின் சத்தத்துல கியர் சத்தம் அமுங்கிடும், டின்ங்கற துல்லிய அளவுகோல்ல 7, 8 கிரேடு போதும் (நம்பர் குறையக் குறைய துல்லியம் ஜாஸ்தி). எலக்ட்ரிக்ல மோட்டார் 12,000, 16,000 ஆர்பிஎம் சுத்துது, அமுக்கறதுக்கு இஞ்சினும் இல்லை. பல்லுல ஒரு மைக்ரான் அலை இருந்தாலும் கேபின்ல விசில் மாதிரி கேக்கும். அதனால ஹீட் ட்ரீட்மென்ட்டுக்கு அப்புறம் கிரைண்ட் பண்ணி டின் 5, 6க்குக் கொண்டு வந்துதான் வாங்குவாங்க. அந்த வேலைல ஷேவிங் மெஷினுக்கு இடமே இல்லை.

சுகுமார் (8:01): படிச்சு முடிக்கறதுக்குள்ள காப்பி ஆறிப்போச்சு மாப்ள

மல்லிகா (8:01): 😀

பிரபு (8:03): செந்தில் மச்சா சொல்றது சரி. ஆனா ஏஎம்டி (கிளட்ச் மிதிக்காம தானா கியர் மாத்தற) வண்டி எல்லாம் அதே மேனுவல் பாக்ஸ்தான். மேல கியர் மாத்தற ஆக்சுவேட்டர் மட்டும் ஏறியிருக்கும். டிராஃபிக்ல ஓட்டறவங்க ஏஎம்டி கேக்கறாங்க. சிஎன்ஜி வண்டியும் பெரும்பாலும் மேனுவல்தான்

கார்த்தி (8:05): கரெக்ட் மச்சா. எங்க ஆர்டர்ல பாதி ஏஎம்டி மாடலுக்குத்தான் போகுது. மீதி டிராக்டர்

செந்தில் (8:06): டிராக்டர் எவ்வளவு? சரியா சொல்லு

கார்த்தி (8:09): 40 சதவீதம் இருக்கும்ங்ண்ணா. இந்த வருசம் ஏறிருக்கு

செந்தில் (8:10): அத முதல்லயே சொல்றதில்லையா. டிராக்டர் அவ்வளவு சீக்கிரம் எலக்ட்ரிக் ஆகாது. நாள் முழுக்க உழவுக்கு இழுக்கற லோடுக்கு பேட்டரி எடையும் வெலையும் கட்டாது.

பழனிச்சாமி (8:15): ஃபோர்டு மறைமலை நகர்ல திருப்பி வரான்னு பேப்பர்ல போட்டானே. இஞ்சின் பண்ணவாமே. அப்ப இஞ்சின் போகலைதானே

செந்தில் (8:22): ஆமாங்கப்பா, அது நெஜம். 2022ல காரு நின்ன பிளான்ட். 2025 அக்டோபர்ல 3,250 கோடிக்கு ஒப்பந்தம் போட்டாங்க. வருசத்துக்கு 2,35,000 இஞ்சின், 2029ல ஆரம்பம். ஆனா அது ஏற்றுமதிக்கு. உலகத்துல இஞ்சின் இன்னும் பல வருசம் ஓடும்ங்கறதுக்கு அது அத்தாட்சி. நம்ம யூனிட்டுக்கு கியர் ஆர்டர் வரும்ங்கறதுக்கு இல்லை. அதே தமிழ்நாட்லதான் தூத்துக்குடில வின்ஃபாஸ்ட் எலக்ட்ரிக் கார் பிளான்ட் 2025 ஆகஸ்ட்ல ஆரம்பிச்சுது, ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஹூண்டாய் கிரெட்டா எலக்ட்ரிக் கார் தயாராகுது. ரெண்டும் ஒரே சமயத்துல நடக்குது. அதுலதான் சின்ன யூனிட்காரங்க எந்தப் பக்கம் காசு போடறதுன்னு முழிக்கறாங்க.

மல்லிகா (8:24): அதெல்லாம் இருக்கட்டும். 23ந்தேதி காதுகுத்துக்கு வேன் சொல்லியாச்சா? எத்தனை பேரு வர்றீங்க

வித்யா (8:25): அத்தை 17 சீட் சொல்லிருக்கேன். பெரியப்பா வீட்ல எத்தனை பேர்னு தெரியலை

பழனிச்சாமி (8:26): நாங்க கார்ல வந்துக்கறோம்

வித்யா (8:26): போன தடவையும் அப்படித்தான் சொன்னீங்க பெரியப்பா, வேன் பாதி காலியா போச்சு

மல்லிகா (8:27): மாமன் சீர் கார்த்திதானே. கெடா யாரு சொல்றது

கார்த்தி (8:28): சொல்லிட்டேங்க அத்தை. இப்ப கையெழுத்து

சுகுமார் (8:30): கையெழுத்து இருக்கட்டும். நான் எலக்ட்ரிக் கார் வாங்கலாமா வேணாமா? ஷோரூம்காரன் தினமும் கூப்பிடறான். வால்பாறை எஸ்டேட்டுக்கு மாசம் நாலு தடவை போறேன்

பிரபு (8:44): அப்பா, வாங்கலாம். முதல்ல வீட்டு கரன்ட். 7.2 கிலோவாட் சார்ஜர்னா 32 ஆம்பியர் இழுக்கும். நம்ம சிங்கிள் ஃபேஸ் லோடு பத்தாது, ஏத்தச் சொல்லி எழுதிக் கொடுக்கோணும். மீட்டர்ல இருந்து போர்டிகோ வரைக்கும் தனி லைன், 6 ஸ்கொயர் எம்எம் காப்பர். கரன்ட் கசிஞ்சா கட் பண்ற 30 மில்லி ஆம்பியர் ஆர்சிபிஓ தனியா. பழைய எர்த் குழிய நம்பாதீங்க, புதுசா ஒண்ணு போடுங்க. எர்த்துக்கும் நியூட்ரலுக்கும் நடுவுல வோல்டேஜ் ஏறினா சார்ஜர் ஃபால்ட் காட்டி நடுராத்திரில நின்னுடும், காலைல வண்டி காலியா இருக்கும். பாதி கம்ப்ளெயின்ட் அதுதான். 45 யூனிட் பேட்டரி அதுல ஆறரை மணி நேரத்துல நெறையும். லோடு ஏத்தறது லேட் ஆச்சுன்னா 3.3 கிலோவாட்லயே ராத்திரி போட்டு வைங்க, 10 மணி நேரத்துல 33 யூனிட் ஏறும், ஊருக்குள்ள ஓட்ட தாராளம்.

வால்பாறைக்கு ஒண்ணு முக்கியம். எஸ்டேட்ல 100 வரைக்கும் ஏத்திட்டு எறங்காதீங்க. ஆழியாறு வரைக்கும் 40 கொண்டை ஊசி வளைவு. பேட்டரி நெறஞ்சிருந்தா ரீஜென் (வேகம் குறையறப்ப மோட்டாரே கரன்ட் எடுத்து பேட்டரில ஏத்தறது) வேலை செய்ய இடம் இருக்காது, முழு வேலையும் பிரேக் மேல விழும், வட்டும் பேடும் சூடேறும். 80ல நிறுத்திட்டு எறங்குங்க. எறங்கறப்ப தானா ஏறும்.

சுகுமார் (8:46): அட. இத ஷோரூம்ல சொல்லவே இல்லையே

பிரபு (8:47): அடுத்தது, 12 வோல்ட் சின்ன பேட்டரி. அது போனா பெரிய பேட்டரில சார்ஜ் இருந்தும் வண்டி முழிக்காது. ரெண்டு மூணு வருசத்துல மாத்தற மாதிரி இருக்கும். ஆயில், பிளக், கிளட்ச் எதுவும் இல்லை. டயர் சீக்கிரம் தேயும், வண்டி எடை ஜாஸ்தி, எடுத்த எடுப்புல டார்க். கூலன்ட்ட மட்டும் கம்பெனி சொன்ன கலர், கிரேடுதான் ஊத்தோணும். பேட்டரிக்குள்ள ஓடற தண்ணி அது

மல்லிகா (8:48): அப்ப உன் ஒர்க்ஷாப்?

பிரபு (8:52): அதாம்மா யோசனை. ஆயில் சர்வீஸ்ல வர்ற காசு போயிடும். சஸ்பென்ஷன், ஏசி, பாடி, டயர் இருக்கும். பசங்க ரெண்டு பேர ஹை வோல்டேஜ் டிரெயினிங் அனுப்பறேன். ஹை வோல்டேஜ் ஓடற ஆரஞ்சு கேபிள் தொடறதுக்கு முன்னாடி பேட்டரிய துண்டிக்கற சர்வீஸ் பிளக் கழட்டி, புக்ல போட்ட நிமிசம் காத்திருந்து, கெபாசிட்டர் காலியாயிடுச்சான்னு மீட்டர் வெச்சு ஜீரோ பாத்துட்டுத்தான் கை வெக்கோணும். 1000 வோல்ட் கிளவுஸ் இல்லாம ஒருத்தனையும் கிட்ட விட மாட்டேன்

மல்லிகா (8:52): நீ தொடாத சாமி

வித்யா (9:05): மாமா, வெலைல ஒண்ணு கவனிங்க. எலக்ட்ரிக்குக்கு ஜிஎஸ்டி 5 சதவீதம். சின்ன பெட்ரோல் காருக்கு முந்தி 28ம் செஸ்ஸும் இருந்துது, 2025 செப்டம்பர் 22ல இருந்து 18. அதனால முந்தி இருந்த இடைவெளி இப்ப இல்லை. ஓடற கிலோமீட்டர் ஜாஸ்தின்னாதான் கட்டும்

வித்யா (9:06): கார்த்தி, உன் லோனுக்கு பத்திரம் எதுக்கு கேக்கறாங்க? சிஜிடிஎம்எஸ்இன்னு இருக்கற அரசாங்க கேரன்டில போடச் சொன்னியா

கார்த்தி (9:08): மேனேஜர் சொத்து இருக்கானு கேட்டாரு, இருக்குன்னேன்

வித்யா (9:11): அங்கதான் தப்பு. சிறு தொழிலுக்கு அடமானம் இல்லாமயே அந்த கேரன்டில லோன் வாங்கலாம். 2025 ஏப்ரல்ல இருந்து வரம்பு 10 கோடி. வருசா வருசம் ஃபீஸ் கட்டோணும், அவ்வளவுதான். 60 லட்சம்லாம் அதுக்குள்ள சாதாரணம். உத்யம் (சிறு தொழில் பதிவு) சர்டிபிகேட், மூணு வருச பேலன்ஸ் சீட், ஜிஎஸ்டி ரிட்டர்ன் எடுத்துட்டுப் போயி அந்தத் திட்டத்துல போடுங்கன்னு எழுத்துல கேளு. வாயில கேட்டா சொத்துதான் கேப்பாங்க

மல்லிகா (9:12): அப்ப எங்க கையெழுத்தே வேணாமா

வித்யா (9:12): திட்டத்துல கெடச்சா வேண்டாம் அத்தை

மல்லிகா (9:13): நான் போட மாட்டேன்னு சொல்லலையே. கேட்டேன், அவ்வளவுதான்

ராஜு (9:13): யாரும் தப்பா எடுத்துக்கலை மல்லிகா

செந்தில் (9:30): கார்த்தி, என் யோசனை. ஷேவிங்க்கு முழு 60ஐயும் போடாத. உன் டிராக்டர் ஆர்டருக்கு எவ்வளவு வேணுமோ அந்த அளவுக்கு நல்ல கண்டிஷன்ல பழைய மெஷின் பாரு. மீதிய ரெண்டு பக்கமும் உதவற சாமான்ல போடு. முதல்ல கியர் டெஸ்டர். ப்ரொஃபைல், லீட், ரன்அவுட்னு பல்லோட வடிவம், சாய்வு, ஆட்டத்த அளந்து சார்ட் கொடுக்க முடியாத யூனிட்ட எலக்ட்ரிக் வேலைக்கு உள்ளயே விட மாட்டாங்க. அடுத்தது புரோட்யூபரன்ஸ் ஹாப், பல்லு வெட்டறப்பவே அடில கிரைண்டிங்க்கு இடம் விடற கட்டர். பல்லுக்கு ஒரு பக்கம் 0.12 மில்லி அளவு கிரைண்டிங் ஸ்டாக் (தேச்சு எடுக்கறதுக்கான மிச்சம்) விட்டு நீ ஹாப் பண்ணிக் கொடு, கிரைண்டிங் வெளிய ஜாப் வொர்க்கா போகட்டும். கிரைண்டிங் மெஷின் கோடிக்கணக்குல, அத இப்ப நெனைக்காத.

கவனம், முறுக்கல் ஸ்டாக்க விட ஜாஸ்தி ஆச்சுன்னா கிரைண்டிங்ல ஒரு பக்கம் பல்லு கறுப்பா தொடாம நிக்கும், மறுபக்கம் கேஸ் (கெட்டியான மேல்தோல்) மெலிசாயிடும். அதனால ஃபர்னஸ்காரன் கிட்ட ஃபிக்சர்ல எப்படி அடுக்கறான்னு போயி பாரு. குவிச்சுப் போட்டா முறுக்கும், தொங்க விட்டா குறையும். கிரைண்ட் பண்ணி வந்தா நைட்டல்ங்கற ஆசிட் கலவைல முக்கிப் பாக்காம அனுப்பாத. எரிஞ்ச எடம் கறுப்புத் திட்டா தெரியும், அந்தப் பல்லு வண்டில ஏறினா உடையும்.

கார்த்தி (9:34): டெஸ்டர் வெலையே 25 லட்சத்துக்கு மேல சொல்றானுங்ண்ணா. ஆர்டர் இல்லாம அத வாங்கி உக்கார வெக்கறதா

செந்தில் (9:36): அதுக்குத்தான் கஸ்டமர் கிட்ட மாடல் வாரியா 3 வருச எண்ணிக்கை எழுத்துல வாங்கு. எந்த மாடல் எப்ப முடியுதுன்னு கேளு. 7 வருச லோன், ஆனா மாடல் ஆயுசு நாலு வருசந்தான் பாக்கின்னா நீ மாட்டுவ

கார்த்தி (9:37): எழுத்துல தர மாட்டாங்க. ஷெட்யூல்னு மாசத்துக்கு ஒண்ணு மெயில்ல வரும், அதையும் 15ந்தேதி மாத்துவாங்க

செந்தில் (9:37): அப்ப அந்த நம்பர்ல பாதிய மட்டும் நம்பி இஎம்ஐ கணக்குப் போடு

ராஜு (9:40): மெஷின்காரனுக்கு ஒரு லட்சம் அட்வான்ஸ் கொடுத்தாச்சு செந்திலு

செந்தில் (9:41): திரும்பாதுங்களா சித்தப்பா?

ராஜு (9:43): கேட்டுப் பாக்கலாம். தெரிஞ்ச ஆளுதான்

பழனிச்சாமி (9:50): 1994ல பழைய லேத்த வித்துட்டு சிஎன்சி வாங்கலாம்னு நான் சொன்னப்ப யாரும் கேக்கலை

ராஜு (9:51): அண்ணா அப்ப காசு இல்லைங்ண்ணா

பழனிச்சாமி (9:51): இருந்துது

மல்லிகா (9:52): ரெண்டு பேரும் போன்ல பேசிக்குங்க

சுகுமார் (9:55): சீனாக்காரன் காந்தம் நிறுத்திட்டான், மோட்டாரே வராதுங்கறாங்களே. இப்ப புக் பண்ணா வண்டி வருமா

செந்தில் (10:04): 2025 ஏப்ரல் 4ல ஏழு வகை அரிய மண் உலோகத்துக்கு லைசென்ஸ் கட்டுப்பாடு போட்டாங்க மாமா, டிஸ்ப்ரோசியம், டெர்பியம் எல்லாம் அதுல வருது. மோட்டார் சூடேறினாலும் காந்தம் பலம் எறங்காம இருக்க அது வேணும். நம்ம ஊர்க் கம்பெனிங்க அப்ப நல்லா திண்டாடினாங்க. நவம்பர்ல மத்திய அரசு 7,280 கோடில இங்கயே வருசம் 6,000 டன் காந்தம் செய்யற திட்டத்துக்கு ஒப்புதல் கொடுத்துது. பிளான்ட் எழும்பி காந்தம் வர வருசங்கள் ஆகும். பேட்டரி செல்லும் பெரும்பாலும் எறக்குமதிதான், நாம அத அடுக்கி பேக் கட்டறோம். நான் பயப்படறது இதுக்குத்தான். இஞ்சின்ல வால்வுல இருந்து பிஸ்டன் வரைக்கும் இங்க செய்யக் கத்துக்க நமக்கு பல வருசம் ஆச்சு. செல்லும் காந்தமும் வெளியவே இருந்தா கார் நம்ம ஊர்ல ஓடும், வேலை நம்ம ஊர்ல இருக்காது.

சுகுமார் (10:06): அப்ப புக் பண்ணவா

பிரபு (10:06): டெலிவரி தேதி எழுத்துல வாங்கிட்டு பண்ணுங்கப்பா

வித்யா (10:15): பெரியப்பா, வேனா காரா?

பழனிச்சாமி (10:20): ராத்திரிக்குள்ள சொல்றேன்

கார்த்தி (10:22): சரிங்க. நான் இன்னைக்கு பேங்க்ல அந்த கேரன்டி திட்டம் கேக்கறேன். முடியாதுன்னா நாளைக்கு பேப்பர் எடுத்துட்டு வரலாமாங்க?

ராஜு (10:23): வா

பழனிச்சாமி (10:25): அட்வான்ஸ் திரும்ப வருதான்னு தெரிஞ்சப்புறம் வா

மல்லிகா (10:26): நான் நாளைக்கு பொள்ளாச்சில இருக்க மாட்டேன். திருப்பூர் வந்துடு, பிரபு வீட்ல இருப்பேன். படிச்சுப் பாத்துட்டுத்தான் போடுவேன்

கார்த்தி (10:26): சரிங்க அத்தை 🙏

சுகுமார் (10:31): பிரபு, அந்த ஒயரு 6ஆ 4ஆ? எலக்ட்ரீசியன் 4 போதும்ங்கறான்

பிரபு (10:32): 6. அவர் நம்பர் அனுப்புங்க, நான் பேசறேன்