போர்க்காலக் கார்ட்டூனின் சிலேடைகளைத் தமிழாக்க உதவி தேவை

குழுவினருக்கு வணக்கம். டாம் அண்ட் ஜெர்ரி தொடருக்கு முதல் ஆஸ்கர் விருதைப் பெற்றுத் தந்த ‘தி யாங்கி டூடுல் மவுஸ்’ என்ற 1943ஆம் ஆண்டுக் குறும்படத்தைச் சிறுவர்களுக்குத் திரையிடுவதற்காக, அதற்குத் தமிழில் துணைவரிகள் எழுதி வருகிறேன். பேச்சு மிகக் குறைவு. சிக்கலெல்லாம் திரையில் எழுத்தாக வரும் சிலேடைகளில்தான்.

எலி வளையின் மேலுள்ள, விமானத் தாக்குதல் பதுங்குகுழியைக் குறிக்கும் ‘ஏர் ரெய்டு ஷெல்டர்’ என்பதைத் திரித்த ‘கேட் ரெய்டு ஷெல்டர்’ என்பதற்குப் ‘பூனைத் தாக்குதல் பதுங்குகுழி’ என்று எழுதிவிட்டேன். ஜெர்ரி எடுத்து வீசும் முட்டைப் பெட்டியின் ‘ஹென் கிரனேட்ஸ்’ என்ற பெயருக்குக் ‘கோழிக்குண்டு’ என்பது கைக்குண்டை நினைவூட்டி அழகாகப் பொருந்துகிறது என்றாலும், பிள்ளைகள் அதைக் கோலிக்குண்டு என்று எடுத்துக்கொள்வார்களோ என்று தயங்குகிறேன்.

மிகவும் கடினமானது, டாம் தண்ணீரில் மூழ்கியதும் ஜெர்ரி அனுப்பும் ‘சைட்டட் கேட், சேங்க் சேம்’ என்ற போர்ச்செய்தி. நீர்மூழ்கி ஒன்றை மூழ்கடித்துவிட்டதாக அமெரிக்கக் கடற்படை விமானி ஒருவர் 1942இல் அனுப்பியதாகப் புகழ்பெற்ற ‘சைட்டட் சப், சேங்க் சேம்’ (நீர்மூழ்கியைக் கண்டேன், அதை மூழ்கடித்தேன்) என்ற தந்தியின் சாயல் அது. ‘பூனையைக் கண்டேன், கவிழ்த்தேன்’ என்று எழுதிப் பார்த்தேன்; மோனை கிடைத்தது, தந்தியின் விறைப்பு கிடைக்கவில்லை. நான்கு சொற்களுக்கு மிகாமல், படைத்துறை அறிக்கையின் தொனியில் இதைச் சொல்லத் தெரிந்தவர்கள், குறிப்பாகப் போர்க்கால நாளிதழ்த் தமிழில் பழக்கமுள்ளவர்கள், தங்கள் வடிவத்தை இங்கே எழுதி உதவுமாறு கேட்டுக்கொள்கிறேன்.